ஐந்து எக்ஸ்வை

இனிமேல் கரும்பலகையில் எழுதும் வெண்கட்டியைக் கையால் தொடுவதில்லை என்று நமசிவாயம் மாஸ்ரர் தீர்மானித்தார்.

மாஸ்ரருடைய தீர்மானங்களைச் சண்டிலிப்பாய் ஊர் முழுக்க அறியும். வெற்றிலையை விடுகிறேன் என்றவர், வெற்றிலையை விட்டுவிட்டுப் பாக்கை மட்டும் மென்றார். விடியக்காலையில் எழும்பி ஓடப்போகிறேன் என்றவரை அயல்வீட்டு நாய் உண்மையாகவே ஓட வைத்தது, அதோடு சரி. ஆனால் இந்தத் தீர்மானம் மட்டும் நின்றது. மாரி போய்க் கோடை வந்தும் நின்றது. அவருடைய மனைவி பத்மாவதிக்கு அதுதான் பயமாக இருந்தது.

காரணம் ஊருக்கே தெரியும். அவர்களுக்கு ஒரேயொரு பிள்ளை, தயாளினி. தொண்ணூறாம் ஆண்டு புரட்டாதியில் கடைக்குப் போய்த் திரும்பி வந்துகொண்டிருந்தபோது சந்தியடியில் ஷெல் விழுந்தது. பதினாலு வயது. முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடிந்து மாஸ்ரர் பள்ளிக்கூடம் போனார். அவருடைய வகுப்பில்தான் அவளும் இருந்தவள். கரும்பலகையில் ஒரு கணக்கை எழுதினார். திரும்பிப் பார்க்காமலே, பழக்கத்தில், "எங்கை, தயாளினி, நீ சொல்லு பாப்பம்" என்றார்.

மாஸ்ரர் வெண்கட்டியை மேசையில் வைத்தார். சைக்கிளை எடுத்தார். அன்றைக்கு வந்து சாய்மனைக் கதிரையில் விழுந்தவர்தான்.

பத்மாவதி குசினிக்குள் இருந்து அழுவாள். கேட்டால் அடுப்புப் புகை என்பாள். அடுப்பு மூட்டியே இருக்காது. மாஸ்ரர் கிணற்றடியில் நின்று அழுவார். கேட்டால் சவர்க்காரம் கண்ணுக்குள் போய்விட்டது என்பார். பொருள்கள் வரத் தடை இருந்த அந்த வருஷம் யாழ்ப்பாணத்தில் சவர்க்காரத்தைக் கண்டவர் யார்? இரண்டு பேரும் மற்றவருடைய பொய்யை நம்புவதாகக் காட்டிக்கொண்டு சீவித்தார்கள்.

அடுத்த வைகாசியில் ஒரு பின்னேரம் றோஸ் வந்தாள். மயிலிட்டியிலிருந்து இடம்பெயர்ந்து வந்து, இவர்களுடைய பின்வளவில் கொட்டில் போட்டு இருந்தவள். கூட மகள் மெற்றில்டா மட்டும்.

"மாஸ்ரர், பள்ளிக்கூடம் முழுக்க இடம்பெயர்ந்த சனம். வகுப்பு ஒண்டும் நடக்கேல்லை. என்ரை பிள்ளைக்கும் அயல் பிள்ளையளுக்கும் எக்ஸ், வை போடுற அட்சரகணிதத்தைத் தொடக்கி விட்டியளெண்டால் பெரிய உதவியாய் இருக்கும்."

"ஏலாது" என்றார் மாஸ்ரர், சுவரைப் பார்த்தபடி.

றோஸ் போன பிறகு பத்மாவதி கதிரைக்குப் பக்கத்தில் வந்து நின்றாள்.

"என்னப்பா, அதுகள் பாவமெல்லே."

"நான் விட்டாச்சு. விட்டது விட்டதுதான்."

"கோவையளைச் சுருக்கிறதை மட்டும் சொல்லிக் குடுங்கோவன்."

"சுருக்கமாய்ச் சொல்லுறன். ஏலாது."

"சரி. அப்ப நான் படிப்பிக்கிறன்."

பல மாதத்துக்குப் பிறகு மாஸ்ரர் முகத்தைத் திருப்பி மனைவியை நேராகப் பார்த்தார். "நீரோ? நீர் எட்டாம் வகுப்போடை நிண்டனீர்."

"அதுகளும் எட்டாம் வகுப்புத்தானே."

அடுத்த நாளே வகுப்பு தொடங்கியது. மாஸ்ரருடைய யன்னலுக்கு நேர் வெளியே, வெள்ளையடித்த சுவரில், பத்மாவதி அடுப்புக் கரியால் எழுதினாள். கீழே சாக்கு விரித்துப் பிள்ளைகள் இருந்தார்கள்.

"மூண்டு எக்ஸ் சக ரெண்டு வை. சக எண்டால் கூட்டல். மூண்டும் ரெண்டும் எவ்வளவு? அஞ்சு. எழுத்து ரெண்டையும் பக்கத்திலை பக்கத்திலை வையுங்கோ. அஞ்சு எக்ஸ்வை! எங்கை, எல்லாரும் சொல்லுங்கோ."

"அஞ்சு எக்ஸ்வை!" என்று பிள்ளைகள் கத்த, தென்னையில் இருந்த காகம் பறந்தது.

மாஸ்ரருக்குத் தேள் கொட்டியதுபோல இருந்தது. வாழ்நாள் முழுக்க அவர் வகுப்பு வகுப்பாகத் துரத்தித் திரிந்த பிழை, அவருடைய வீட்டுச் சுவரிலேயே வந்து ஏறிவிட்டது! எழும்பி யன்னலை அடித்துச் சாத்தினார். திரும்ப வந்து படுத்தார்.

மறுநாள் இரண்டு எக்ஸும் மூன்றும் சேர்ந்து ஐந்து எக்ஸ் ஆகின. மாஸ்ரர் தலையணையைக் காதில் வைத்து அமத்தினார். அதற்கு அடுத்த நாள் அடைப்புக்குறி வந்தது.

"ஏழு சய, அடைப்புக்குள்ளை எக்ஸ் சய நாலு. சய எண்டால் கழித்தல். அடைப்பை அழிச்சு விடுங்கோ, அது என்னத்துக்கு? ஏழு சய எக்ஸ் சய நாலு. ஏழிலை நாலு போனால் மூண்டு. மூண்டு சய எக்ஸ்!"

"மூண்டு சய எக்ஸ்!" மெற்றில்டாவின் குரல்தான் எல்லோருக்கும் மேலாகக் கேட்டது.

சாய்மனைக் கதிரை கவிழ்ந்தது. மாஸ்ரர் வேட்டியை ஒரு கையால் பிடித்தபடி வெளியே பாய்ந்தார்.

"நிப்பாட்டும்! பதினொண்டு! பதினொண்டு சய எக்ஸ்!"

"ஏன் கத்திறியள்? நாலுக்கு முன்னாலை சயதானே கிடக்கு."

"அடைப்புக்கு வெளியிலை ஒரு சய நிக்குதே, அது என்ன வாசல் படலைக் காவலோ? உள்ளை போய் ஒவ்வொண்டையும் மாத்தும். சயவும் சயவும் சக!"

"இதை முதலே வந்து சொல்லியிருக்கலாமே. அப்ப அண்டைக்குச் சொன்ன அஞ்சு எக்ஸ்வையும் பிழையோ?"

"பிழையோவோ? மூண்டு கத்தரிக்காயையும் ரெண்டு முருங்கைக்காயையும் சேத்தால் என்ன வரும்?"

"குழம்பு வரும்."

பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். மாஸ்ரர் சிரிக்கவில்லை. "மூண்டு கத்தரிக்காயும் ரெண்டு முருங்கைக்காயும்தான் வரும்! நிகர்த்த உறுப்புகளைத்தான் சேர்க்கலாம். நிகராததை அப்பிடியே விடவேணும். கரியைத் தாரும் இஞ்சை!"

தொட்டது கரிதான், வெண்கட்டி அல்ல, ஆகவே தீர்மானம் முறியவில்லை என்று தனக்குள் ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டார். பின்னேரம் இருட்டும்வரை சுவரடியிலேயே நின்றார். மறுநாளும் வந்தார். சுவர் கறுக்கக் கறுக்க மாஸ்ரர் வெளுத்தார். தாடியை வழித்தார், கஞ்சியை மிச்சம் விடாமல் குடித்தார்.

ஒரு நாள் ஐந்து எக்ஸ் சக நாலு வை சய ஐந்து எக்ஸ் என்று எழுதிவிட்டு, இரண்டு எக்ஸுக்கும் குறுக்கே கோடு இழுத்தார்.

மெற்றில்டா கை உயர்த்தினாள். "சேர், எக்ஸ் எங்கை போனது?"

"அது வெட்டுப்பட்டுப் போச்சு, பிள்ளை."

"இப்ப இருந்ததுதானே, சேர்?"

மாஸ்ரருடைய கை சுவருக்கும் காற்றுக்கும் நடுவில் நின்றது. பிள்ளைகள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். பக்கத்தில் அரிசி கொழித்துக்கொண்டிருந்த பத்மாவதி சுளகைக் கீழே வைத்தாள்.

"இருந்ததுதான், பிள்ளை. நாங்கள் எல்லாரும் பாத்தனாங்கள்தானே" என்றாள். "இப்ப மிஞ்சினதை எழுது. நாலு வை."

மெற்றில்டா குனிந்து எழுதினாள்.

அன்று பின்னேரம் மாஸ்ரர் கிணற்றடிக்குப் போனார். பத்மாவதியும் பின்னால் போனாள். தயாளினியின் பேரைச் சொல்லி இரண்டு பேரும் சத்தம் போட்டு அழுதார்கள். அன்றைக்குப் புகை என்றும் சவர்க்காரம் என்றும் ஒருவரும் சொல்லவில்லை.

ஆவணி வந்தது. சாக்குகள் போதாமல் போகுமளவுக்குப் பிள்ளைகள் கூடினார்கள். ஒரு நாள் வகுப்பு முடிந்து, பனங்கட்டியைக் கடித்துக்கொண்டு பால் விடாத வெறுந்தேத்தண்ணி குடித்த மாஸ்ரருக்குத் திடீரென்று ஒரு சந்தேகம் வந்தது.

"இஞ்சாரும், அந்த அடைப்புக் கணக்கிலை நீர் விட்டது சும்மா பிழையில்லை. ஒண்டும் தெரியாத ஆள் அவ்வளவு வடிவாய்ப் பிழை விடேலாது. உண்மையைச் சொல்லும்."

பத்மாவதி சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டாள். "அஞ்சு எக்ஸ்வை சத்தியமாய் எனக்குத் தெரியாமல் வந்ததப்பா. நீங்கள் யன்னலை அடிச்சுச் சாத்தினியளே, அந்தச் சத்தத்திலைதான் பிழையெண்டு விளங்கிச்சு. உங்களை எழுப்ப இதுதான் வழியெண்டும் விளங்கிச்சு. மற்றப் பிழையளை றோஸிட்டைப் படிச்சனான். ஒழுங்காய்ப் பிழை விடுறதெண்டால் முதல் சரியைப் படிக்கோணும். லேசான வேலையில்லை."

"றோஸுக்கு என்ன கணக்குத் தெரியும்?"

"அவ மயிலிட்டியிலை கணக்கு ரீச்சர். முழு அயலுக்கும் தெரியும். உங்கடை கதிரைக்குத்தான் தெரியாது."

பனங்கட்டி மாஸ்ரருக்குப் புரைக்கேறியது. "அப்ப ஏன் என்னட்டை வந்து கேட்டவ?"

"நான்தான் கேக்கச் சொன்னனான்."

"அப்ப மெற்றில்டா?"

"அவளுக்கு எல்லாம் முதலே தெரியும். பிழையாய்ச் சொல்லத்தான் பழக்க வேண்டியிருந்தது. பாவம், சரியாய்க் கஷ்டப்பட்டுப் போனாள்."

மாஸ்ரருக்குக் கோபம் வந்தது. பிறகு வெட்கம் வந்தது. பிறகு வேறொன்று நினைவுக்கு வந்தது. குரல் தாழ்ந்தது.

"எக்ஸ் எங்கை போனதெண்டு கேட்டாளே, அதுவும் நீங்கள் பழக்கினதோ?"

பத்மாவதியின் முகத்தில் சிரிப்புப் போய்விட்டது.

"இல்லையப்பா. அது அவளாய்க் கேட்டது. அவளின்ரை தேப்பன் போன வரியம் கடலுக்குப் போனவர். வள்ளம் மட்டும்தான் கரைக்கு வந்தது."

பின்வளவில் மெற்றில்டா வாழைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். மாஸ்ரர் அவளையே நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இஞ்சாரும்" என்றார் கடைசியில். "அந்தப் பிள்ளைக்கு எல்லாம் தெரியுமெண்டால், நாளைக்கு நான் அவளுக்கு என்னத்தைப் படிப்பிக்கிறது?"

"நீங்கள் உங்கடை பாட்டுக்குப் படிப்பியுங்கோ" என்றாள் பத்மாவதி, கோப்பையை எடுத்துக்கொண்டு. "தெரியாத மாதிரி இருக்கச் சொல்லி அவளிட்டை நான் சொல்லி வைக்கிறன்."