மொதமாலை அண்ணன் கட்சியை விட்டுப் போன கதை

மதுரைப் பக்கம் செத்தவர்களுக்கு ஓட்டு இருந்திருந்தால், மொதமாலை அண்ணன் ஆயுள் முழுக்க எம்.எல்.ஏ.வாக இருந்திருப்பார். சில பூத்துகளில் அவர்களும் வந்து போட்டுவிட்டுத்தான் போகிறார்கள் என்று சொல்வார்கள். அந்த அளவு போதாது.

அவருக்கு வீட்டில் வைத்த பேர் ஒன்று உண்டு. அது வேட்பு மனுவில் மட்டும் இருந்தது. சாவு வீட்டை எங்கள் பக்கம் கேதம் என்போம். ஆனையூரிலிருந்து பரவை வரைக்கும் எந்த வீட்டில் கேதம் என்றாலும் முதல் மாலை அவருடையதாக இருக்கும். சொந்த மருமகன் திண்டுக்கல்லிலிருந்து வந்து சேர்வதற்குள் இவர் மாலை போட்டு, பந்தல்காரரைத் திட்டி, ஐஸ் பெட்டிக்குக் கரண்ட் இழுக்க வைத்து, அழுகிறவர்களுக்கு டீ சொல்லி முடித்திருப்பார். அதனால் மொதமாலை. கட்சிக்காரர்கள் நோட்டீஸில் ‘மக்கள் தொண்டர்’ என்று அச்சடித்துப் பார்த்தார்கள். யார் இது என்று ஜனங்கள் கேட்டார்கள்.

அவர் எம்.எல்.ஏ.வாக இருந்தபோது நான் அவருக்கு இரண்டு வருஷம் கார் ஓட்டினேன். எனக்கு எட்டாவதோடு பள்ளிக்கூடம் முடிந்தது. பரோட்டாக் கடையில் மாவு பிசைந்தேன், லாரியில் கிளீனராகப் போனேன், செங்கல் சூளையில் கொஞ்ச நாள், சர்க்கஸ் கூடாரம் கட்டுகிறவர்களோடு கொஞ்ச நாள். ஒரே இடத்தில் ஆறு மாசம் இருந்தால் எனக்குக் கால் அரிக்கும். அண்ணனிடம் இரண்டு வருஷம் தங்கியதற்குக் காரணம் முதல் நாள் நடந்த பேச்சு.

குடும்பத்தில் யார் யார் என்று கேட்டார். கோச்சடையில் வாடகை வீட்டில் அம்மா மட்டும் இருந்தாள், நான் லாரியில் நாக்பூர் போயிருந்தபோது செத்துப்போனாள், எனக்குத் தகவல் வர பதினோரு நாள் ஆனது என்று சொன்னேன்.

“யாரு தூக்குனா?” என்றார்.

“தெரியாதுண்ணே.”

அதற்கு மேல் கேட்கவில்லை. ஒரு வாரம் கழித்து, பரவை மார்க்கெட் முன்னால் வண்டி நெரிசலில் நின்றபோது, பின் சீட்டிலிருந்து நாலு பேரைச் சொன்னார். வீட்டுச் சொந்தக்காரர், மாடியில் குடியிருந்த டெய்லர், கேஸ் சிலிண்டர் போடுகிறவர், தெருமுனை இட்லிக் கடைக்காரம்மாவின் மகன்.

“இந்த நாலு பேருதான்டா மாப்ள. ஞாபகத்துல வச்சுக்க.”

கோச்சடை அவர் தொகுதியே கிடையாது. இதைக் கேட்டு வரத்தான் போயிருக்கிறார்.

கட்சி கொடுத்த காரைப் பற்றிச் சொல்ல வேண்டும். மற்ற எம்.எல்.ஏ. கார்களின் டிக்கியில் என்ன இருக்குமோ எனக்குத் தெரியாது. எங்கள் டிக்கியில் ஈரச் சாக்கில் சுற்றிய நாலு மாலை, இரண்டு கட்டு ஊதுபத்தி, பஞ்சு, ஒரு சுருள் கயிறு, புது வேட்டி ஒன்று. காருக்குள் எப்போதும் சம்பங்கி வாசனை. வழியில் ஏற்றிக்கொண்டவர்கள் ஐந்து நிமிஷத்தில், “இங்கனயே எறங்கிக்கிறேன்ணே” என்றுவிடுவார்கள்.

கல்யாண வீட்டில் அவருக்கு உடம்பு ஒத்துழைக்காது. ஒரு முகூர்த்தத்தில் மேடையேறி, மாப்பிள்ளையின் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, பழக்க தோஷத்தில், “மனச விட்றாதீங்க. ஆக வேண்டியதப் பாருங்க” என்றார். வீடியோவில் அது தெளிவாகப் பதிவாகியிருக்கிறது. அந்த மாப்பிள்ளை பிறகு என்னைப் பார்த்தபோது, அன்றைக்கு எனக்கு உருப்படியாகப் புத்தி சொன்னது அவர் ஒருவர்தான் என்றார்.

ஆஸ்பத்திரிக்கு அவரை யாரும் கூப்பிட மாட்டார்கள். ஆனையூர்க்காரர் ஒருவர் நெஞ்சு வலி என்று படுத்திருந்தார். அண்ணன் நலம் விசாரிக்கத்தான் போனார். வாசலில் அவர் தலையைக் கண்டதும் அந்த மனிதர் எழுந்து உட்கார்ந்து, “எனக்கு ஒண்ணுமில்லண்ணே, கேஸ்தான்” என்றார். சாயங்காலமே வீட்டுக்குப் போய்விட்டார். இன்றைக்கும் நன்றாக இருக்கிறார்.

சட்டசபையிலும் அதே பேச்சுத்தான். சுடுகாட்டுக்குப் பாதை, சுடுகாட்டுக்குக் கூரை, சுடுகாட்டுக்குக் குழாய். உறுப்பினர் உயிரோடு இருப்பவர்களுக்கும் ஏதாவது கேட்கலாம் என்று ஒரு மந்திரியே சொல்லிப் பார்த்தார். ஒரு ஊரில் தெருக் குழாய்க்கு முன்பே சுடுகாட்டுக் குழாயில் தண்ணீர் வந்துவிட்டது. பெண்கள் குடத்தோடு அங்கே போய் வரிசையில் நின்றார்கள்.

இதையெல்லாம் மேடை மேடையாகச் சொல்லிச் சிரிக்க வைத்தவர் ஒருவர் இருந்தார். வாட்ச் பாய். பழைய ஊருக்குள் கடிகாரம் ரிப்பேர் பார்க்கும் சின்னக் கடை. எதிர்க்கட்சியின் பேச்சாளர். எங்கள் தொகுதியில் அண்ணனை எதிர்த்து இரண்டு தடவை நின்று இரண்டு தடவையும் தோற்றவர். “இந்த ஆளு ஓட்டுக் கேட்டு வந்தா கதவச் சாத்துங்க. உள்ள யாராச்சும் படுத்திருக்காய்ங்களான்னு பாக்கத்தான் வாராரு” என்பார். கூட்டத்தில் விசில் பறக்கும். அண்ணன் அந்த வீடியோக்களை விரும்பிப் பார்ப்பார்.

இருவரும் நேருக்கு நேர் சந்தித்துக்கொள்வது கேத வீடுகளில்தான். ஒரு தடவை பிளாஸ்டிக் நாற்காலியில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்கள். நான் டீ எடுத்துப் போனேன்.

வாட்ச் பாய் சொன்னார்: “ஊர்ல எல்லாருக்கும் மொத மாலை போட்டுட்டீங்க. நம்ம வீட்டுக்கு வந்தா என்ன செய்வீங்க? எங்களுக்கு மாலை கெடையாதே.”

“தோளு இருக்குல்ல, பாய்.”

“பாப்போம், பாப்போம்” என்று பாய் டீயை உறிஞ்சினார்.

இப்படி இருக்கையில் எங்கள் கட்சி இரண்டாக உடைந்தது. எதற்கு உடைந்தது என்று எனக்கு அன்றும் தெரியாது, இன்றும் தெரியாது. சட்டசபையில் நம்பிக்கை ஓட்டெடுப்பு முடிகிற வரைக்கும் யாரும் தாவிவிடக் கூடாது என்று எங்கள் அணி எம்.எல்.ஏ.க்களைப் பஸ்ஸில் ஏற்றி, மலையடிவாரத்தில் ஒரு ரிசார்ட்டில் கொண்டுபோய் இறக்கினார்கள். அவர்களின் போன்களை வாங்கிக்கொண்டார்கள். பின்னாலேயே கார்களில் போன டிரைவர்கள் எங்களிடம் போனோடு கார்ச் சாவியையும் சேர்த்து வாங்கிக்கொண்டார்கள். காவலுக்கு மாவட்டச் செயலாளர். கட்சியில் அவரை ‘மாவட்டம்’ என்றுதான் கூப்பிடுவோம். சாப்பாட்டு வேளைக்கு வேளை தலையை எண்ணுவார்.

நீச்சல் குளம், கேரம் போர்டு, மூன்று வேளையும் கறி. மற்றவர்கள் கல்யாண வீடு மாதிரி இருந்தார்கள். அண்ணன் மட்டும் இளைத்துப்போனார். “அஞ்சு நாளாச்சுடா மாப்ள. தொகுதியில எத்தன பேரு போனாய்ங்களோ” என்று புல்தரையில் நடந்துகொண்டே இருந்தார். ஓட்டு முடிந்ததும் அவருக்கு ஒரு வாரியத் தலைவர் பதவி என்று பேசி வைத்திருந்தார்கள். சிவப்பு விளக்கு இல்லாவிட்டாலும் சைரன் உண்டு என்றார்கள்.

ஆறாம் நாள் காலை பதினொரு மணிக்கு, பரவை மார்க்கெட்டிலிருந்து வழக்கமாக வரும் காய்கறி வேன் வந்தது. தக்காளி இறக்க நான் கை கொடுத்தேன். பேச்சோடு பேச்சாக வேன்காரர் சொன்னார், வாட்ச் பாய் காலையில் போய்ச் சேர்ந்துவிட்டார், அஸர் தொழுகைக்கு அடக்கம் என்று.

அஸர் என்றால் சாயங்காலம் நாலரை வாக்கில். ஐஸ் பெட்டியில் வைத்து நாளைக்கு எடுக்கிற பேச்சு அந்த வீட்டில் கிடையாது.

தக்காளிக் கூடையைப் பிடித்தபடி கொஞ்ச நேரம் நின்றேன். சொன்னால் இந்த மனிதர் கிளம்பிவிடுவார், கிளம்பினால் பதவி போகும், அவர் பதவியோடு என் வேலையும் போகும் என்று தெரிந்தது. ஆனால் இட்லிக் கடைக்காரம்மாவின் மகன் ஞாபகத்துக்கு வந்துவிட்டான். போய்ச் சொல்லிவிட்டேன்.

அண்ணன் நேராக மாவட்டத்திடம் போனார். ஒரு கேதம், சாயங்காலம் வந்துவிடுகிறேன் என்றார்.

“யாரு?”

“வாட்ச் பாய்.”

“நம்மள மேடைக்கு மேடை கிழிச்ச ஆளுய்யா அவன்.”

“கிழிச்ச வாய் மூடிருச்சுல்ல.”

“அண்ணே, நாளான்னிக்கு ஓட்டு. அது முடிஞ்சா நீங்க சேர்மன். போயிச் சாப்புடுங்க.”

அண்ணன் தலையாட்டிவிட்டுச் சாப்பாட்டுக் கூடத்துக்குப் போனார். மாவட்டம் தலையை எண்ணினார். கணக்கு சரியாக இருந்தது. அண்ணன் பிரியாணியில் இரண்டு வாய் எடுத்துவிட்டு, கை கழுவுகிற சாக்கில் அடுப்படிக்குள் நுழைந்து, பின்வாசல் வழியாக வந்து, காலி டிரேக்களுக்கு நடுவே வேனில் உட்கார்ந்தார். ஐம்பத்தெட்டு வயசு. என் தோளைப் பிடித்து ஒரே எட்டில் ஏறினார். நானும் ஏறிக்கொண்டேன்.

வழியெல்லாம் அவருக்குக் கை நிலைகொள்ளவில்லை. கேதத்துக்குப் போகும்போது மடியில் மாலை இருந்து பழகியவர். கடைசியில் ஒரு முட்டைக்கோஸை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். அதற்கப்புறம்தான் நிம்மதியாக உட்கார்ந்தார்.

போய்ச் சேர்ந்தபோது பாயின் உடலை வைத்த சந்தூக் என்கிற பெட்டியைத் தூக்கித் தெருவுக்குள் வந்துவிட்டார்கள். பள்ளிவாசலுக்கு இன்னும் இரண்டு தெரு. பாயின் கட்சிப் பெரிய தலைகள் எல்லாம் வந்திருந்தார்கள். அதனால் டி.வி.க்காரர்களும் வந்திருந்தார்கள். அண்ணன் யாரையும் பார்க்கவில்லை. கூட்டத்தைப் பிளந்துகொண்டு போய், பாயின் மகனுக்குப் பின்னால் தோளைக் கொடுத்தார். மகன் திரும்பிப் பார்த்தார். “நீங்க வருவீங்கன்னு அத்தா சொல்லுவாரு” என்று மட்டும் சொன்னார்.

அதற்குள் ஒரு நிருபர் மைக்கோடு பக்கவாட்டிலேயே ஓடி வந்தார். எதிர் அணிக்குப் போய்விட்டீர்களா, ரிசார்ட்டிலிருந்து தப்பித்தீர்களா, யாராவது மிரட்டினார்களா என்று அடுக்கினார். அண்ணன் அவரை ஏற இறங்கப் பார்த்தார்.

“தம்பி நல்ல ஒசரம். அந்தப் பக்கம் சாயுது, பிடிங்க.”

நிருபர் மைக்கைச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு தோள் கொடுத்தார். பள்ளிவாசல் வரைக்கும் அந்தச் சேனலில் கேள்வியே இல்லை. காலடிச் சத்தம் மட்டும் நேரலையாகப் போனது. மற்றொரு சேனல் அண்ணனின் வேட்டியில் பின்பக்கம் இருந்த சிவப்புக் கறையை வட்டம் போட்டுக் காட்டி, எம்.எல்.ஏ. தாக்கப்பட்டாரா என்று கேட்டது. அது பரவைத் தக்காளி.

தொழுகை முடிகிற வரைக்கும் நாங்கள் வெளியே நின்றோம். பிறகு அடக்கம் செய்கிற மையவாடியில் எல்லோரோடும் வரிசையில் போய் அண்ணன் மூன்று பிடி மண் போட்டார். கையைத் தட்டிக்கொண்டு திரும்பியபோது அந்த நிருபர் போனைக் காதிலிருந்து எடுத்தார்.

“அண்ணே, ஒங்களக் கட்சிய விட்டு நீக்கிட்டாய்ங்களாம்.”

“எப்ப?”

“இப்பத்தாண்ணே. அஞ்சு நிமிசம்.”

“அடக்கம் முடிஞ்ச பெறகுதானே?”

“ஆமாண்ணே.”

“அப்பச் சரி” என்றார் அண்ணன்.

பாயின் கட்சிக்காரர்கள் வாசலில் கார்க் கதவைத் திறந்து வைத்துக் காத்திருந்தார்கள். எங்களோடு வாருங்கள், தலைவர் பேச வேண்டும் என்கிறார் என்றார்கள். கேதத்துக்கு வந்த இடத்தில் கட்சி பேசக் கூடாது என்று சொல்லிவிட்டு, நிருபரின் பைக்கில் பின்னால் ஏறி ஆனையூருக்குப் போய்விட்டார்.

மறுநாள் அவர் வீட்டுக்குப் போனேன். எல்லாம் என்னால்தான் என்றேன்.

“கிறுக்குப்பயலே. நீ சொல்லாம நான் பேப்பரப் பாத்துத் தெரிஞ்சிருந்தேன்னு வையி, அன்னைக்கே உன் வேலையப் பறிச்சிருப்பேன்.”

“இப்பவும் வேலை போயிருச்சேண்ணே.”

“அது கட்சி பறிச்சது. நான் பறிக்கல.”

ஓட்டெடுப்பில் எங்கள் அணி சுலபமாகத் தப்பித்தது. அண்ணன் ஓட்டு யாருக்கும் தேவைப்படவே இல்லை. அன்றைக்கு ஆனையூரில் ஒரு கேதம் என்பதால் அவர் சென்னைக்கும் போகவில்லை. பதவியில் மிச்சம் இருந்த நாட்களில் சட்டசபையின் கடைசி வரிசையில் தனி நாற்காலியில் உட்கார்ந்து, இன்னும் ஒரு சுடுகாட்டுக்குக் கூரை வாங்கினார்.

அடுத்த தேர்தலில் சுயேச்சையாக நின்றார். கட்டில் சின்னம் கிடைத்தது. நாலு கால், நாலு பேர் தூக்கலாம், ராசியான சின்னம் என்று சந்தோஷப்பட்டார். டெபாசிட் போனது. ஏன் அவருக்கு ஓட்டுப் போடவில்லை என்று பரவையில் ஒரு அம்மாவிடம் கேட்டேன். அவர் வீட்டில் மட்டும் அண்ணன் மூன்று பேரைத் தூக்கியிருக்கிறார்.

“அவரு செயிச்சாலும் வருவாரு, தோத்தாலும் வருவாரு. செயிச்சாத்தான் வருவேங்கிறவய்ங்களுக்குத்தானப்பா ஓட்டப் போட்டு வரவைக்கணும்?” என்றார்.

அண்ணனிடம் இதைச் சொன்னேன். “கரெக்டாத்தான் சொல்லிருக்கு” என்றார்.

கடைசியாக அவரைப் பார்த்தபோது மொபெட்டில் போய்க்கொண்டிருந்தார். முன் கொக்கியில் ஈரச் சாக்கு. நிற்கவில்லை. கையை மட்டும் தூக்கினார். எனக்கு மறுபடி கால் அரித்து, திருப்பூர், கோவை, பிறகு ஓசூர் என்று போய்விட்டேன். இப்போது ஒரு குடோனில் வேலை. சேர்ந்த அன்று ஒரு படிவம் கொடுத்தார்கள். ஏதாவது ஆகிவிட்டால் யாருக்குத் தகவல் சொல்வது என்று ஒரு கட்டம் இருந்தது. அண்ணனின் நம்பரை எழுதினேன். அதற்குப் பக்கத்துக் கட்டத்தில், அவர் உங்களுக்கு என்ன முறை என்று கேட்டிருந்தார்கள்.

வருவார் என்று எழுதிக் கொடுத்தேன்.