மின்தூக்கிக்கு மேல் ஒரு குண்டுக்கரிச்சான்

பறவைகளுக்காக மனிதகுலம் செய்த தியாகங்களை யாராவது ஒருநாள் எழுத உட்கார்ந்தால், முதல் அத்தியாயம் சுங்கை பினாங்கில் இருக்கும் எங்கள் அடுக்குமாடிக்கே போய்ச் சேர வேண்டும். அந்தத் தியாகத்தைத் தீர்மானித்தது எங்கள் குடியிருப்பாளர் குழு. செய்தவர் ஒன்பதாம் மாடி ஜெயலெட்சுமி அக்கா. வேலையை இப்படிப் பகிர்ந்துகொள்வதைத்தான் நிர்வாகம் என்கிறார்கள்.

நான் அந்தக் குழுவின் கௌரவச் செயலாளர். தலைவர் திருநாவுக்கரசு அண்ணன். இருவரும் முதல் மாடியில் குடியிருக்கிறோம், மக்களுக்கு அருகில் இருக்க வேண்டும் என்பதற்காக.

தீபாவளிக்கு முன்பே மின்தூக்கி நின்றுபோனது. குழு அதை உன்னிப்பாகக் 'கண்காணித்து' வந்தது. ஜெயலெட்சுமி அக்கா விடிவதற்குள் இட்லிப் பானையையும் சாம்பார் வாளியையும் படி வழியே இறக்கி, பாசாரில் விற்றுவிட்டு, வெறும் பாத்திரங்களோடு மறுபடி ஏறுவார். முழங்கால் வீங்கிப் பல நாள் வியாபாரத்துக்கே போகவில்லை. இப்படியே போனால் பாசாரில் தன் இடத்தை வேறு ஆள் பிடித்துவிடுவார் என்று என்னிடம் சொன்னார். நான் அதைக் 'கவனத்தில் கொண்டேன்'.

ஒருவழியாக ஹைருல் என்ற மெக்கானிக் வந்தார். சோதித்துவிட்டு மேலே கையைக் காட்டி ஏதோ சொல்லத் தொடங்கினார். கை காட்டிய திசையில் தலைவரும் அண்ணாந்து பார்த்தார். தரைத்தளத்து மின்தூக்கிக் கதவுக்கு மேலே, மாடி எண் காட்டும் பெட்டியின் கண்ணாடி எப்போதோ உடைந்திருந்தது. அந்த ஓட்டைக்குள்ளிருந்து ஒரு குருவி எங்களைப் பார்த்தது.

மலாயில் முராய். தமிழில் குண்டுக்கரிச்சான். ஆங்கிலப் பெயரில் ராபின் என்றும் வரும் என்று கேள்விப்பட்டதும் தலைவர் குருவியை 'அவங்க' என்று சொல்ல ஆரம்பித்தார்.

"முட்டை வச்சிருக்காங்க. இந்த நேரத்துல சுத்தியல் சத்தம் கேட்கலாமா? வேலைய நிறுத்துங்க" என்றார். ஹைருல் வாயைத் திறந்தார். தலைவர் கையமர்த்தி, ஒரு தே தாரேக் டீ வாங்கிக் கொடுத்து அனுப்பிவைத்தார்.

அன்று மாலையே அவசரக் கூட்டம். 'பசுமைக் குடியிருப்பு' விருதுக்கு நடுவர்கள் அடுத்த மாதம் வர இருந்தார்கள். பூச்செடி வளர்த்தால் தண்ணீர் ஊற்ற வேண்டும். குருவி தானாக வந்திருக்கிறது. எனவே மின்தூக்கிப் பகுதி 'பறவைகள் புகலிடம்' என்று ஏகமனதாக அறிவிக்கப்பட்டது. கெலுகோரில் உயிரியல் கற்பிக்கும் நான்காம் மாடி நஸீஹா ஆலோசகர் ஆனார்.

"பொண்ணுதான் அடைகாக்கும். ஆண் பாடும், தன் எல்லைக்குள்ள வேற ஆண் வந்தா விரட்டும்" என்று நஸீஹா விளக்கினார். "குஞ்சு பொரிஞ்சதும் ரெண்டும் சேர்ந்து புழு கொண்டாந்து ஊட்டும்."

பெண் உள்ளே அசையாமல் உட்கார்ந்திருக்க, ஆண் விளக்குக் கம்பத்தில் ஏறி நெஞ்சை நிமிர்த்தி உரையாற்றியது. தலைவருக்கு ஆணை மிகவும் பிடித்துப்போனது. இங்கே ஓயாமல் பேசுகிறவரை 'முராய் வாய்' என்பார்கள். அதையும் அவர் பாராட்டாகவே எடுத்துக்கொண்டார்.

"குஞ்சு எவ்வளவு நாள் இருக்கும்?" என்று கேட்டார்.

"ரெண்டு வாரம் இருக்கும். அப்புறம் பறந்திரும்."

தலைவர் முகம் வாடியது. "அவ்ளோதானா? நடுவருங்க வர்றதுக்குள்ள போயிட்டா என்ன லா செய்றது?"

முட்டைகள் எங்கள் கால அட்டவணையை மதிக்காமல் பொரிந்தன. குஞ்சுகளுக்கு இறகும் முளைத்தது. அப்போதுதான் தலைவரின் பழைய அனுபவம் கைகொடுத்தது. அவர் ஒரு காலத்தில், சீனர்கள் சூப்பு வைக்கும் உழவாரக் குருவிக் கூடுகளுக்காகப் பறவை வீடு நடத்தியவர். காலிக் கட்டடத்தில் ஸ்பீக்கர் கட்டி, பறவைச் சத்தத்தை ஓடவிட்டால் பறவைகள் கூட்டமாக வந்து தங்கும். பினாங்கில் பாதிப் பேருக்குத் தெரிந்த தொழில்.

"அதே டெக்னிக்தான்" என்றார். "முராய் பாட்டு போட்டா சொந்தக்காரங்க இருக்காங்கன்னு நெனச்சி நிம்மதியா தங்கிருவாங்க."

நஸீஹா வெளியூர் போயிருந்ததால் ஆலோசகரின் கருத்து 'சாதகமானது' என்று பதிவு செய்தேன்.

ஸ்பீக்கரில் ஓர் அந்நிய ஆண் பாட ஆரம்பித்ததுதான் தாமதம், எங்கள் ஆணுக்கு வெறி பிடித்துவிட்டது. ஸ்பீக்கரைக் கொத்தியது, முட்டியது, சுற்றிச் சுற்றி வந்து ஏசியது. காலை முழுவதும் புழு தேடப் போகவில்லை. பெண் தனியாகப் பறந்து பறந்து ஓய்ந்தது. பெட்டிக்குள் குஞ்சுகள் கத்திய கத்து முதல் மாடி வரை கேட்டது.

"பாத்தியா, எவ்ளோ உற்சாகம்" என்றார் தலைவர்.

பாசாரிலிருந்து திரும்பிய ஜெயலெட்சுமி அக்கா, படியேறத் தெம்பில்லாமல் கீழ்ப்படியில் உட்கார்ந்து இதையெல்லாம் பார்த்தார்.

"அண்ணே, அதுக்குப் பசிக்குது. அப்பன்காரன் சண்டை போட்டுட்டு இருக்கான். பாட்ட நிறுத்துங்க."

"இது விஞ்ஞானம் மா. உங்களுக்குப் புரியாது."

அக்கா எழுந்து ஒயரைப் பிடுங்கினார். ஸ்பீக்கரைக் காலி இட்லிப் பானைக்குள் போட்டு மூடினார். கைப்பிடியைப் பற்றிக்கொண்டு, பானையைத் தூக்கியபடி ஒவ்வொரு படியாக ஏறத் தொடங்கினார்.

"ஸ்பீக்கர் வேணும்னா வீட்டுக்கு வந்து வாங்கிக்குங்க" என்றார் திரும்பிப் பார்க்காமல்.

அது தலைவரின் மருமகனுடைய ஸ்பீக்கர். அன்று மாலை அதைத் திருப்பிக் கொடுத்தாக வேண்டும். எனவே குழு தன் வரலாற்றில் முதல் முறையாக முதல் மாடியைத் தாண்டியது. மூன்றாம் மாடியில் தலைவர் பேச்சை நிறுத்தினார். ஐந்தாம் மாடியில் என் தோளைப் பிடித்தார். ஆறாம் மாடியில் உட்கார்ந்துவிட்டார். தினமும் ஒரு பெண் பானையோடு ஏறும் படி இது என்று நினைத்தபோது எனக்கு வெட்கமாக இருந்தது. செயலாளர் பதவிக்கு அது அழகல்ல என்பதால் காட்டிக்கொள்ளவில்லை.

உட்கார்ந்த இடத்திலிருந்தே தலைவர் ஹைருலுக்குப் போன் செய்தார். "அந்தக் குருவிய வேற எடத்துக்கு மாத்திட்டு லிப்ட செய்ய முடியுமா?" என்று மலாயில் மூச்சு வாங்கக் கேட்டார்.

ஹைருல் சொன்னது எனக்கும் கேட்டது. குருவியைத் தொடவே வேண்டாமாம். கோளாறு மொட்டை மாடியில் இருக்கும் மோட்டாரிலாம். கீழே இருக்கும் பெட்டிக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லையாம். வந்த அன்றே மேலே கை காட்டி அதைத்தான் சொல்ல வந்தாராம்.

இரண்டே நாளில் மின்தூக்கி ஓடியது. கதவு திறந்து மூடியதைக் குருவிகள் சட்டை செய்யவில்லை. ஆண் மறுபடி புழு பிடித்தது. அந்த வாரக் கடைசியில் குஞ்சுகள் தத்தித் தத்தி வெளியே வந்து மாமரத்துக்குப் போய்விட்டன. நடுவர்கள் வந்தபோது காலிக் கூட்டையும் 'பறவைகள் புகலிடம்' என்று நாங்கள் மாட்டியிருந்த பலகையையும் பார்த்து உருகி, விருதைக் கொடுத்துவிட்டார்கள்.

பாராட்டு விழாவில் 'பறவைகளுக்காகப் படியேறிய பெண்மணி' என்று ஜெயலெட்சுமி அக்காவுக்குப் பொன்னாடை போர்த்தினோம். நாலு வார்த்தை பேசச் சொல்லி மைக்கை நீட்டினோம்.

"குருவிக்காக நான் ஒரு படிகூட ஏறல அண்ணே" என்றார் அக்கா. "நீங்க கீழ உக்காந்திருந்தீங்க. அதனாலதான் ஏறுனேன்."

சிறப்பு விருந்தினரான அக்கா அடக்கமாக நன்றியுரை ஆற்றினார் என்று கூட்டக் குறிப்பில் எழுதினேன்.