கமக்கட்டுக்குள் கறுவல்

நாவற்குடா
14.09.2009

என்றும் அன்புக்குரிய மருமகன் உதயரூபனுக்கு,

மாமா கனகசூரியம் எழுதிக்கொள்வது. இங்கே நான் சுகம், உன் மாமி சுகம், மாமிக்கு என்மேல் இருக்கும் கோபமும் ஒரு குறைவுமில்லாமல் சுகமாக இருக்கிறது. கட்டாரில் நீயும் சுகமாக இருக்க அம்மனை வேண்டிக்கொள்கிறேன். அம்மனைப் பற்றிப் பின்னால் நிறைய எழுத இருப்பதால் இப்போதைக்கு இவ்வளவு போதும்.

உன் அம்மா சீதேவிப்பிள்ளை காலையிலேயே தேற்றாத்தீவிலிருந்து பஸ் ஏறி வந்து என் பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டு இருக்கிறாள். ஒவ்வொரு பக்கம் முடியவும் நான் உரத்து வாசிக்க வேண்டுமாம். போன மாதம் நீ தொலைபேசியில் அவளிடம், “அங்க எனக்கு என்ன இரிக்கெண்டு நான் வாற? அப்பாட கறுவல்ட கண்டு ஒண்டு நிண்டாலாவது வந்து பார்க்கலாம்” என்று சொன்னாயாம். நீ அதைப் பேச்சுக்குச் சொன்னாயோ, பகிடிக்குச் சொன்னாயோ, எனக்குத் தெரியாது. கடல் வந்துபோன அடுத்த வருடம் போனவன் நீ, இன்னும் ஒருமுறைகூட வரவில்லை. உன் அம்மா அந்த ஒரு வார்த்தையைக் காணி உறுதி மாதிரி வைத்துக்கொண்டு திரிகிறாள். ஆகவே அறியத்தருவது: அவளுடைய சிவலைப் பசு மூன்று மாதச் சினை. நானே முழங்கை வரை கையை விட்டுப் பார்த்து உறுதி செய்தேன். உன் அப்பாவின் காளை கறுவலின் கன்று. பங்குனியில் பிறக்கும். நீ வரவேண்டும்.

இவ்வளவோடு ஒப்பம் வைத்திருப்பேன். “எப்பிடி வந்ததெண்டு முழுக்க எழுதுங்க அண்ணன், இல்லாட்டி அவன் நம்பமாட்டான்” என்று உன் அம்மா சொல்கிறாள். அதனால் தொடர்கிறேன்.

2003இல், சண்டை ஓய்ந்திருந்த காலத்தில், மலைநாட்டிலிருந்து மாட்டு டொக்டர்மார் சிலர் வந்து இனம் பெருக்க நல்ல உள்ளூர் நாம்பன் மாடுகளைத் தேடினார்கள். உன் அப்பா கோணாமலை மச்சானின் கறுவலைக் கண்டதும் மற்ற மாடுகளை அவர்கள் திரும்பியும் பார்க்கவில்லை. லொறியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். போன இடத்தில் கறுவல் பிறர் கையால் ஒரு வாய் வைக்கோல் தின்னவில்லை என்று தந்தி மாதிரி ஒரு போன் வந்தது. மச்சான் இடுப்பில் கட்டிய சாரத்தோடு போனவர், அந்தக் குளிருக்குள் பதினெட்டு நாள் மாட்டோடு நின்றார். அந்த நாட்களில் கறுவலின் விந்தை எடுத்து, ஸ்ட்ரோ என்று நாங்கள் சொல்லும் மெல்லிய குழல்களில் அடைத்து, உறைய வைத்து, அதில் ஆறை அவரிடம் தந்தார்கள். விந்து என்று எழுத எனக்கு ஒரு கூச்சமும் இல்லை. இருபத்தாறு வருடம் அரசாங்கம் எனக்குச் சம்பளம் தந்தது அதை மாடுகளுக்கு ஏற்றுவதற்குத்தான். இளைப்பாறியும் அதே வேலைதான் செய்கிறேன். மச்சான் அந்த ஆறையும் என் கேனில் வைத்துக்கொள்ளச் சொன்னார்.

அந்தக் கேனைப் பற்றிச் சொல்லவேண்டும். பார்வைக்கு ஒரு பெரிய பால் கேன். உள்ளே திரவ நைதரசன். பூச்சியத்துக்குக் கீழே நூற்றுத் தொண்ணூற்றாறு பாகைக் குளிர். அதற்குள் போன உயிர் சாகவும் மாட்டாது, வளரவும் மாட்டாது, கிழடாகவும் மாட்டாது. போன நிமிடத்தில் எப்படி இருந்ததோ அப்படியே கிடக்கும். பத்து வருடம் கழித்து எடுத்து வெந்நீரில் காட்டினால் ஒன்றும் நடக்காதது போல எழும்பி ஓடும். ஒரேயொரு நிபந்தனை: நைதரசன் வற்றக்கூடாது. அது தண்ணீரைவிட மோசம், மூடி வைத்தாலும் தினமும் கொஞ்சம் ஆவியாகிப் போகும். மாதத்தில் இரண்டு தடவை வாகனம் வந்து நிரப்பவேண்டும்.

2004 மார்கழி இருபத்தாறு காலையில் கறுவலை அவிழ்க்கப் போன மச்சான் திரும்பி வரவில்லை. கறுவலும் வரவில்லை. உனக்குத் தெரிந்ததை நான் திரும்ப எழுதவேண்டியதில்லை. அந்த வீட்டில் கடல் தொடாமல் விட்டது என் கேனுக்குள் கிடந்த அந்தக் குழல்கள் மட்டும்தான். மூன்றாம் நாள் நான் கேனைத் திறந்து பார்த்து அழுதேன். உன் அம்மாவுக்கு உரத்து வாசிக்கும்போது இந்த வரியைத் தாண்டிவிடுவேன்.

பிறகு திரும்பவும் சண்டை. பாதை மூடினால் நைதரசன் வாகனம் வராது. நான் ஒரு மரக்குச்சியை விட்டு விட்டுப் பார்ப்பேன், நாலு விரல், மூன்று விரல், இரண்டு விரல். செல் குண்டு விழுகிறது என்று ஊரே ஓடிய அன்று சனம் நகை, பத்திரம், குழந்தை என்று தூக்கிக்கொண்டு ஓட, நான் கேனைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். மாமியின் நகைப்பெட்டி வீட்டில் கிடந்தது. அது அப்படியே இருந்ததுதான், ஒரு தோடுகூடக் குறையவில்லை, ஆனாலும் அந்த வழக்கு இன்னும் முடியவில்லை. அப்படிக் காப்பாற்றியும் என்ன? உன் அம்மாவின் பழைய பசுவுக்குப் போட்ட ஐந்தில் நாலு தங்கவில்லை, ஒன்று தங்கி அழிந்துபோனது. இந்த வருடம் பிறக்கும்போது கறுவலில் மிச்சம் ஒன்றே ஒன்று.

இனி அம்மனிடம் வருகிறேன். உன் மாமியின் மூத்த தமையன் வினாயகமூர்த்தி மச்சான் இங்குள்ள கண்ணகை அம்மன் கோயிலுக்குத் தலைவர். கோயிலின் பெயரை நான் எழுதவில்லை, காரணம் கீழே விளங்கும். அம்மனின் கொதியைத் தண்ணீர் தெளித்து ஆற்றும் வைகாசித் திருக்குளிர்த்திக்கு இரண்டு நாள் முன்னால் அவர் வந்து என் கேனைச் சுற்றி வந்தார்.

“மச்சான், இந்த வருசம் எவ்வளவு சனம் செத்திரிக்கு. அம்மன்ட கொதி லேசில ஆறாது. வேப்பிலையும் பச்சைத் தண்ணியும் காணுமெண்டு எனக்குப் படல்ல. உங்கட இந்தக் குளிர்ல கொஞ்சம் பானைக்குள்ள விட்டா என்ன?”

“அது மாட்டுச் சாமான் மச்சான்.”

“குளிர்தானே? குளிருக்கு மாடென்ன மனிசனென்ன?”

ஏலாது என்று சொன்னேன். நான் இருப்பது மாமிக்குச் சீதனமாக வந்த வீடு. நம் பக்கத்து வழக்கம் உனக்குத் தெரியும், கலியாணம் முடித்து மனைவி வீட்டுக்கு வந்த மாப்பிள்ளை எழுபது வயதிலும் மாப்பிள்ளைதான். இந்த வீட்டுச் சுவரில் ஒரு ஆணி அடிக்கவும் நான் வினாயகமூர்த்தி மச்சானைப் பார்த்துத்தான் அடிக்கவேண்டும். அன்று இரவுச் சோற்றை மாமி வைத்த விதத்திலேயே எனக்கு விளங்கிவிட்டது. சரி, ஒரு கோப்பை தருகிறேன், நானே வந்து ஊற்றுகிறேன் என்றேன்.

குளிர்த்தி திங்கட்கிழமை காலை. அன்று விடியவே உன் அம்மாவிடமிருந்து போன்: “அண்ணன், சிவலை நாம்பனுக்குக் கத்துது!” காலையில் கத்தினால் பின்னேரம் போடவேண்டும் என்பது கணக்கு. பகல் குளிர்த்தியை முடித்துக்கொண்டு கேனோடு வருகிறேன் என்று சொல்லிவிட்டுக் கிணற்றடிக்குப் போனேன். தலையில் சவர்க்காரம் போட்டிருக்கும்போது கோயில்காரர் நாலு பேர் வந்து கேனை மேளத்தோடு கொண்டுபோய்விட்டார்கள். “நேரமாச்சாம், அண்ணன் கொண்டுபோகச் சொன்னவர்” என்று மாமி சொன்னா. யாருடைய அண்ணன் என்று நான் கேட்கவில்லை.

ஈரத் தலையோடு ஓடினேன். நான் போய்ச் சேரும்போது கோயில் செயலாளர் தேனுஜன் பானைத் தண்ணீரைக் கலக்கிக்கொண்டு நிற்கிறான். எதனால்? கேனுக்குள் ஸ்ட்ரோக்களைப் போட்டு, நீளக் கம்பியில் தொங்கவிடும் சின்னக் குவளை இருக்கிறதே, அதனால். கைபிடி வைத்த நல்ல அகப்பை என்று நினைத்திருக்கிறான். நான் “ஐயோ” என்று கத்த, அதைத் தெய்வம் ஏறிவிட்டதென்று நினைத்துப் பெண்கள் குரவை போட்டார்கள். கட்டாடியார் பூசையை விட்டுவிட்டு எனக்குத் திருநீறு பூச வந்தார். அதே நேரம் வினாயகமூர்த்தி மச்சான் கேனைச் சரித்தார். சும்மா சொல்லக்கூடாது மகன், வெள்ளைப் புகார் பனிமூட்டம் போலப் பானையிலிருந்து பொங்கி, பந்தலெல்லாம் பரந்து, சனத்தின் இடுப்பளவுக்கு நின்றது. வேப்பிலை பப்படம் மாதிரி நொறுங்கியது. அப்படி ஒரு குளிர்த்தியை ஊர் கண்டதில்லை. மூன்று பிள்ளைகளை இழந்த ஒரு தாய் அந்தப் புகாருக்குள் நின்று, “இப்பதான் அம்மாக்கு ஆறிச்சு” என்று சொல்லி அழுதா. அதற்குப் பிறகு நான் யாரையும் ஏசவில்லை.

ஆனால் பானைக்குள் கையை விட்டேன். குவளையில் இருந்த ஒரேயொரு ஸ்ட்ரோவும் வெயிலில் கிடந்த வெதுவெதுப்பான தண்ணீரில் அதற்குள் இளகிவிட்டிருந்தது. இரண்டு முனையும் அடைத்த குழல், ஒரு துளியும் வெளியே போகவில்லை. குளிர்த்தித் தண்ணீர் தெளிக்கப்பட்டவர்கள் பயப்படத் தேவையில்லை என்று கோயிலுக்கு எழுத்தில் கொடுத்திருக்கிறேன். இளகினதைத் திரும்ப உறைய வைக்க முடியாது. உடம்புச் சூட்டில் வைத்து அரை மணித்தியாலத்துக்குள் போட்டுவிட வேண்டும். போட்டால் கன்று, விட்டால் நம் ஊரில் கறுவலின் வம்சம் அதோடு முடிந்தது. இடப்பக்கக் கமக்கட்டுக்குள், அக்குளின் சூட்டில் வைத்துக் கையை இறுக்கினேன். பால் எடுக்கிற காத்தான்குடி றவூப் மோட்டார் சைக்கிளில் கோயில் வாசலால் போனான். ஏறினேன்.

“என்ன அண்ணன், கையில அடியா?”

“கறுவல் இரிக்கான். கெதியா விடு தம்பி.”

றவூப் கெட்டிக்காரன், உடனே வேகத்தைக் கூட்டினான். சண்டை முடிந்து மூன்று கிழமைதான், ஆகையால் சோதனைச் சாவடியில் மறித்தார்கள். சிங்களத்தில் கையைத் தூக்கச் சொன்னார்கள். றவூப் இரண்டு கையையும் தூக்க, மோட்டார் சைக்கிள் விழுந்து, பால் கேன் இரண்டும் கவிழ்ந்து பால் தெருவில் ஓடியது. நான் வலக்கையை மட்டும் தூக்கினேன். இடக்கையைத் தூக்காத மனிதனை அந்த நேரத்தில் என்னவென்று நினைப்பார்கள்? நாலு துவக்கு என் நெஞ்சுக்கு நேரே. எனக்குத் தெரிந்த சிங்களம் முழுவதையும் சொன்னேன்: “ஹரக்! ஹரக்!” மாடு, மாடு என்று அர்த்தம். அவர்களுக்குள் பெரியவன் ஒருவன் வந்து மெதுவாகக் கையை விட்டுக் குழலை எடுத்தான். சூடு போகக்கூடாது என்று நான் அழாக்குறையாகக் கையால் காட்டினேன். அவன் தெருவில் ஓடும் பாலைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், குழலைப் பார்த்தான். மாட்டுக்கார வீட்டுப் பிள்ளை போல, விளங்கிவிட்டது. மற்றவர்கள் என்னைத் தடவிச் சோதித்து முடியும்வரை அதைத் தன் கமக்கட்டுக்குள் வைத்துக்கொண்டு, துவக்கை ஒற்றைக் கையில் பிடித்தபடி அசையாமல் நின்றான். உன் அப்பாவின் மாடு இரண்டு நிமிடம் ஆமியின் கமக்கட்டில் இருந்தது. இதைக் கட்டாரில் யாருக்கும் வாசித்துக் காட்டாதே.

தேற்றாத்தீவுக்குப் போய்ச் சேரும்போது நேரம் மட்டுமட்டு. உன் அம்மா பசுவின் கொம்பைப் பிடித்துக்கொண்டு அதன் காதுக்குள், “பொறு புள்ள, இது கறுவல், நம்மட ஆள்தான்” என்று சொல்லிக்கொண்டே நின்றாள். போட்டேன். இருபத்தோராம் நாள் சிவலை கத்தவில்லை. நாற்பத்திரண்டாம் நாளும் கத்தவில்லை. முந்தாநாள் கையை விட்டுப் பார்த்துச் சொன்னதும், உன் அம்மா தொழுவத்துச் சாணிக்குள்ளேயே இருந்துவிட்டாள். கடல் வந்த பிறகு அவள் சிரித்ததை நான் கண்டது அன்றுதான்.

நடந்தது இதுதான். உன் அம்மா தன் பங்குக்கு எழுதச் சொல்வது: “பங்குனிக்கு லீவு கேட்டு வா மகன். கண்டு உன்னக் கண்டாத்தான் துள்ளும்.” உனக்கு நோய்நொடி அண்டாமல், முதலாளிக்கு நல்ல மனம் வர, பயணப்படும் நாளில் விமானம் நேரத்துக்குக் கிளம்ப எங்கள் ஆசி. மாமியும் ஆசி சொல்கிறா, உன்மேல் அவவுக்குக் கோபமில்லை.

இப்படிக்கு,
உன் தாய்மாமன்,
கனகசூரியம்

பின்குறிப்பு (16.09.2009): மேலே உள்ளதைக் கேட்டு உன் அம்மா சந்தோசமாக ஊருக்குப் போய்விட்டாள். முத்திரை வாங்கப் போகவில்லை என்பதால் கடிதம் என்னிடமே இருந்தது. இதற்குக் கீழே எழுதுவது அவளுக்குத் தெரியாது. நேற்று ஆயிஷா உம்மாவின் பசுவுக்குப் போடக் கேனைத் திறந்து, அடியில் மிஞ்சிக் கிடந்த பழைய குவளையிலிருந்து, ஜேர்சி என்ற சீமை மாட்டினத்தினது என்று நான் நினைத்திருந்த ஒற்றை ஸ்ட்ரோவை எடுத்தேன். போடுமுன் குழலில் அச்சடித்த இலக்கத்தை வாசிப்பது வழக்கம். வாசித்தேன். கறுவலின் இலக்கம். குளிர்த்தியன்று கேனில் இரண்டு குவளை, இரண்டிலும் ஒவ்வொன்றுதான் இருந்திருக்கிறது. அன்று அவசரத்தில் இலக்கத்தை நான் வாசிக்கவில்லை. இத்தனை வருடத்தில் அந்த ஒரு நாள்தான் வாசிக்காமல் விட்டேன். கேனின் அடியில் வினாயகமூர்த்தி மச்சான் ஊற்றி முடிக்காமல் விட்ட கொஞ்ச நைதரசனும், மறுநாள் வந்த வாகனமும் கறுவலைக் காப்பாற்றிவிட்டன. கமக்கட்டில் வைத்துக்கொண்டு நான் உயிரைக் கொடுத்து ஓடியது அரசாங்கத்தின் ஜேர்சிக்கு.

கறுவலை உடனே உள்ளே இறக்கிவிட்டேன். நீ சொல்லும்வரை கையை வைக்கமாட்டேன். பங்குனியில் பிறக்கப்போவது மான் நிறத்தில் ஒரு கன்று. உன் அம்மாவுக்குக் கண் நன்றாகத் தெரியும், கறுப்பென்று சொல்லி ஏய்க்க முடியாது. அவளிடம் சொல்ல எனக்குத் தைரியமில்லை மகன். நீ லீவு மட்டும் கேள். கன்று பிறக்கும்போது நீ தொழுவத்தில் வந்து நின்றால், அது என்ன நிறமென்று அவள் எங்கே பார்க்கப்போகிறாள்?