சகலன் நின்ற கல்

உலகத்தில் பொறாமைப்படுவதற்குச் சகலனைப் போல வசதியான ஆள் கிடையாது. பக்கத்து வீட்டுக்காரன் என்றால் கதவைச் சாத்திக்கொள்ளலாம். கூட வேலை செய்பவன் என்றால் வேலையை மாற்றிக்கொள்ளலாம். மனைவியின் அக்காவைக் கட்டியவரை என்ன செய்ய முடியும்? பிறந்தநாள், சாமத்தியவீடு, தீபாவளி என்று வருடம் முழுக்க நமக்கு முன்னால் வந்து உட்காருவார். நாமும் சிரித்துக்கொண்டே வடையை நீட்டவேண்டும்.

என் சகலன் பெயர் ரவி. ஒஸ்லோ நகரத்தில் அவர் அம்மருட் பக்கம், நான் ட்வெய்ட்டா பக்கம். அவர்மேல் எனக்கு எரிச்சல் தொடங்கியது ஒரு கறிவேப்பிலைக் கன்றில். அந்தக் குளிரில் என் வீட்டுக் கன்று டிசம்பர் நத்தாருக்கு முன்பே மொட்டையாகிச் செத்துவிடும். அவருடையது ஜன்னலோரத்தில், விளக்கு வெளிச்சத்தில், காடு போல நிற்கும். என் மனைவி சுபா அங்கே போகும்போதெல்லாம் ஒரு கொத்து ஒடித்துக்கொண்டு வருவாள். எங்கள் வீட்டுப் பருப்பில் சகலனின் இலை மிதக்கும். (வாயில் அகப்பட்டால் எடுத்துத் தட்டோரம் வைத்துவிடுவேன். எல்லோரும் செய்வதுதான். நான் கொஞ்சம் வன்மத்தோடு வைப்பேன்.)

இதெல்லாம் தாங்கக்கூடிய பொறாமை. தாங்க முடியாதது பெரு நாட்டிலிருந்து வந்தது.

ரவியண்ணையும் அவர் மனைவி, என் மச்சாளும் ஒரு கோடைகாலம் பெருவுக்குப் போய்வந்தார்கள். கூட்டத்தோடு கூட்டமாக அல்ல. தனி வாகனம், தனி வழிகாட்டி வைத்து, இன்கா மன்னர்கள் கட்டிய இடங்களை ஒரே நாளில் சுற்றிப் பார்த்திருக்கிறார்கள். அடுத்து வந்த அவருடைய ஐம்பதாவது பிறந்தநாளுக்கு ஸ்டோவ்னரில் ஒரு மண்டபம் எடுத்தார்கள். சாப்பாடு முடிந்து, கேக் வெட்டுவதற்கு முன், மண்டபத்து விளக்கை அணைத்துப் பெரிய திரையில் பெருவில் எடுத்த படங்களையும் வீடியோவையும் போட்டார்கள்.

பிசாக் என்ற மலையுச்சியில், பழைய கல்வீடுகளுக்கு முன்னால், ரவியண்ணை பட்டு வேட்டி சால்வையோடு கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறார். அவருக்குக் கீழே மலையைச் செதுக்கிச் செய்த படிவயல்கள். அதற்கும் கீழே பள்ளத்தாக்கு. ஏதோ அவர்தான் கொத்தனை வைத்துக் கட்டுவித்தவர் போல ஒரு பார்வை. மண்டபம் கைதட்டியது. மனிதர் மைக்கையும் வாங்கி, சுண்ணாம்பு சீமெந்து எதுவும் இல்லாமல் கல்லோடு கல் எப்படிப் பொருத்தினார்கள் என்று விளக்கத் தொடங்கினார்.

பக்கத்தில் இருந்த சுபா மெல்லச் சொன்னாள்: "அத்தான் எவ்வளவு வடிவா விளங்கப்படுத்துறார், என்ன?"

எனக்குச் சுருக்கென்று இருந்தது. கலியாணம் கட்டிய இத்தனை வருடத்தில் நான் எதையாவது வடிவாக விளங்கப்படுத்தியதாக அவள் யாரிடமும் சொன்னதில்லை. நான் பஸ் ஓட்டுகிறேன். பஸ் ஓட்டுபவன் எதை விளங்கப்படுத்துவது? அடுத்த தரிப்பின் பெயரைக்கூட இப்போது மெஷினே சொல்லிவிடுகிறது.

அந்தப் படத்தைப் பெரிதாக்கி அவர்கள் வீட்டு வரவேற்பறையில் மாட்டினார்கள். எனக்கு எப்போதும் உட்காரத் தருகிற கதிரைக்கு நேர் எதிரே. தேத்தண்ணீர் குடிக்கும்போதெல்லாம் இரண்டு ரவியண்ணைகள் என்னைப் பார்த்தார்கள். ஒருவர் பலகாரத் தட்டோடு, ஒருவர் மலையுச்சியில். அப்போதுதான் தீர்மானித்தேன். நானும் அங்கே போவேன். அவர் நின்ற கல்லுக்கு மேலே உள்ள கல்லில் நின்று படம் எடுப்பேன். அதை மண்டபத்தில் போடும்போது சுபா என்னைப் பற்றி நாலு பேரிடம் பெருமையாகக் கதைக்கவேண்டும். வேறொன்றும் வேண்டாம்.

அவர் செய்த எதையும் நான் செய்வதில்லை என்பதுதான் என் பயணத் திட்டம். அந்த உயரம் உடம்புக்குப் பழகவேண்டும் என்று அவர் குஸ்கோ நகரத்தில் முதலில் படுத்து ஓய்வெடுத்தார். எனக்கு ஓய்வு வேண்டாம். மூச்சுமுட்டாமல் இருக்க அங்குள்ளவர்கள் கொடுக்கும் கோகா இலைத் தேநீரை அவர் குடித்தார். எனக்கு அதில் ஒரு சொட்டும் வேண்டாம். நோர்வேயில் மலை ஏறுகிறவன் நான். (ஏறியது வீட்டுக்குப் பின்னால் உள்ள காட்டு மேடு. கையில் கோப்பிப் போத்தலும் உரித்த தோடம்பழமும்.) எல்லாவற்றுக்கும் மேலாக, அவர் கட்டியிருந்தது இடுப்பில் ஒட்டும் பட்டி வைத்துத் தைத்த வேட்டி. இங்கே மண்டபத்துக்கு வரும் ஆண்களில் முக்கால்வாசிப் பேர் அதைத்தான் கட்டுகிறார்கள். நான் சுத்தமான வேட்டியை, பட்டியும் இல்லாமல் பெல்ட்டும் இல்லாமல், கையால் கட்டுவது என்று முடிவு செய்தேன். அது எங்கள் கலியாண வேட்டி.

நானும் சுபாவும் குஸ்கோவில் இறங்கிய மறுநாள் காலை ஹோட்டல் வாசலில் எங்கள் வழிகாட்டி நின்றான். வில்பர் என்று பெயர். அகன்ற நெஞ்சு, சிரித்த முகம். என்னைக் கண்டதும் இரண்டு கையையும் கூப்பினான்.

"வணக்கம் அண்ணை. சாப்பிட்டாச்சோ?"

எனக்குப் புல்லரித்துவிட்டது. அந்திஸ் மலையில் தமிழா? எங்கே படித்தாய் என்று ஆங்கிலத்தில் கேட்டேன்.

"ரவியண்ணை," என்றான்.

நான் சுபாவைத் திரும்பிப் பார்த்தேன். அவள் கைப்பைக்குள் எதையோ அவசரமாகத் தேடினாள்.

"அக்காட்டைத்தான் நம்பர் வாங்கினனான். தெரிஞ்ச ஆள் எண்டால் நம்பிப் போகலாம்தானே," என்றாள்.

அன்று முழுக்க வில்பரின் வாயில் ரவியண்ணைதான். சக்சாய்வாமான் என்ற இடத்தில் யானையளவு கற்களை அடுக்கிய மதிலைக் காட்டினான். ரவியண்ணை இங்கே நல்ல கேள்விகள் கேட்டார் என்றான். இந்தக் கல்லுக்கு எத்தனை மூலை என்று என்னை எண்ணச் சொன்னான். எண்ணாமலே பதில் சொன்னேன். கல்லுக்கிடையில் தாளை நுழைத்துப் பார்க்கச் சொன்னான். நுழையாது, எனக்குத் தெரியும் என்றேன். சகலனின் வீடியோவை அத்தனை தரம் பார்த்திருந்தேன். பாவம், அவன் சொல்ல வாயெடுத்ததையெல்லாம் நான் முந்திச் சொல்லிவிட்டேன். கொஞ்ச நேரத்தில் அவன் என்னை விட்டுவிட்டுச் சுபாவுக்கு மட்டும் சொல்லத் தொடங்கினான். அவள் கண்ணை விரித்துக் கேட்டாள், சிரித்தாள். (அங்கை ஒரு ரவியண்ணை போதாதெண்டு இஞ்சை இன்னொருத்தன்.)

காலையிலிருந்தே எனக்குத் தலைக்குள் யாரோ மேளம் அடித்துக்கொண்டிருந்தார்கள். வில்பர் கோகா இலைத் தேநீரை நீட்டினான். வேண்டாம் என்றேன். ரவியண்ணை விரும்பிக் குடிப்பார் என்றான். பிறகு நான் எப்படிக் குடிப்பது?

பிசாக்கில் வாகனத்தை நிறுத்தியதும் ஒரு சுவர் மறைவில் வேட்டியைக் கட்டி, பட்டுச் சால்வையையும் போட்டுக்கொண்டேன். மலையென்றால் குளிரும் என்பது நோர்வேயில் ஊறிய புத்தி. அதனால் உள்ளே சுபா நத்தாருக்குத் தந்த கம்பளிக் காற்சட்டை போட்டிருந்தேன். உடம்போடு ஒட்டியது, சிவப்பு, தொடை முழுக்கக் கலைமான்கள். வெளியே வெயில் சுட்டது.

"இஞ்சாருங்கோ, முகம் ஒரு மாதிரியாக் கிடக்கு. கீழை நிண்டே எடுப்பம்," என்றாள் சுபா.

"ரவியண்ணை எங்கை நிண்டவர்?"

"அதுக்கென்ன இப்ப?"

வில்பர் கையை உயர்த்திக் காட்டினான். நான் ஏறத் தொடங்கினேன். நடந்தல்ல, ஓடி. பின்னால் வில்பரின் குரல் கேட்டது. "மெல்ல மெல்ல, அண்ணை." அந்தச் சொல்லையும் சகலன்தான் கற்றுக்கொடுத்திருப்பார் என்று நினைத்ததும் இன்னும் வேகமாக ஓடினேன்.

சகலன் நின்ற கல் வந்தது. படத்தில் பார்த்துப் பார்த்து மனப்பாடமான கல். அதற்குப் பின்னால் இடுப்பளவில் ஒரு சுவர். அதில் ஏறினேன். எங்கிருந்தோ ஒரு விசில். ஏறக்கூடாத சுவர் என்று காவலாளி ஊதுகிறான். சுபா கீழே போனை உயர்த்திப் பிடித்திருந்தாள், என்ன நடந்தாலும் வீடியோவை நிறுத்தக்கூடாது என்று நானே சொல்லிவைத்திருந்ததால். நான் கையைக் கட்டி நெஞ்சை நிமிர்த்தினேன். அந்த நேரம் பார்த்து மலை மெல்லச் சுற்றத் தொடங்கியது. கூடவே ஒரு காற்று.

வேட்டி போன முறையைச் சொல்லவேண்டும். அது அவிழவில்லை, புறப்பட்டது. என்னைச் சுற்றி ஒரு தரம் பறந்துவிட்டுப் படிவயல்களின் பக்கமாக ஆறுதலாக இறங்கிப்போனது. நான் சால்வையோடும் சிவப்புக் கலைமான்களோடும் இன்காக்களின் சுவரில் நின்றேன். கீழே பள்ளிக்கூடப் பிள்ளைகள் ஒரு கூட்டம். ஏதோ நாட்டின் பாரம்பரிய ஆட்டம் என்று நினைத்துக் கைதட்டினார்கள். கைதட்டலுக்குத் தலைகுனிந்தேன் என்று சுபா சொல்வாள். உண்மையில் காலையில் சாப்பிட்டதெல்லாம் சத்தியாக வந்தது. பட்டுச் சால்வையில்தான் எடுத்தேன். அதன் பிறகு அப்படியே சுவரில் சரிந்து உட்கார்ந்துவிட்டேன்.

வில்பர் என்னை முதுகில் தூக்கிக்கொண்டு இறங்கினான். குழந்தையைச் சுமப்பது போல, இடையிடையே "மெல்ல மெல்ல" என்று தனக்கே சொல்லிக்கொண்டு. வாகனத்தில் ஒட்சிசன் போத்தல் இருந்தது. சுபாதான் குழாயை என் மூக்கில் பிடித்தாள்.

"உங்களுக்கென்ன விசரே? எனக்குப் படமும் வேண்டாம், ஒண்டும் வேண்டாம். ஏனப்பா அத்தானோடை போட்டி?"

"நீர் எந்த நேரமும் அவரைப் பற்றித்தானே கதைக்கிறீர்," என்றேன். குழாயோடு சொன்னதால் மூக்கால் வந்தது.

அவள் என்னை உற்றுப் பார்த்தாள். அந்த நேரம் காவலாளி வந்து கதவைத் தட்டினான். எங்கள் கலியாண வேட்டியை அழகாக மடித்து, கோயிலில் கொடுப்பது போல இரண்டு கைகளாலும் நீட்டினான். சுபா அதை வாங்கினாள், என் கலைமான்களைப் பார்த்தாள், பிறகு சிரிக்கத் தொடங்கினாள். கண்ணீர் வர, இருமல் வர, என் தோளில் முகத்தை வைத்துச் சிரித்தாள். வில்பரும் சிரித்தான். கோகா இலைத் தேநீரை வாங்கி மளமளவென்று குடித்தேன். கீரை அவித்த தண்ணீர் மாதிரி இருந்தது.

அந்த வீடியோ ஸ்டோவ்னர் மண்டபத்தில் ஓடியது, குடும்பத்தில் வந்த அடுத்த பிறந்தநாளிலேயே. நான் கழிப்பறைக்குள் ஒளிந்திருந்தேன். சிரிப்புச் சத்தம் அங்கே வரைக்கும் வந்தது. அதன் பிறகு எந்த வீட்டுக்குப் போனாலும் முதலில் சுபாவைப் பிடித்துக்கொள்கிறார்கள். "உங்கடை ஆளின்ரை பெருக் கதையை ஒருக்காச் சொல்லுங்கோ." அவளும் எழுந்து நின்று சொல்வாள், விசில் ஊதியது முதல் வேட்டி புறப்பட்டது வரை நடித்துக் காட்டி. எங்கள் குடும்பத்தில் யாராவது அடுத்தவர் வாங்கிய காரைப் பார்த்து முகம் வாடினால், "ஒட்சிசன் வேணுமே?" என்று கேட்பது இப்போது வழக்கமாகிவிட்டது.

போன மாதம் அம்மருட்டில் அதே வரவேற்பறை. சுபா கதையைச் சொல்லி முடித்து, எல்லோரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். சுவரில் இருக்கும் படத்தை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. ரவியண்ணை பலகாரத் தட்டோடு நடுவில் வந்து நின்றார். பிறகு தொண்டையைச் செருமினார்.

"எனக்கும் அங்கை கொஞ்சம் தலை சுத்தினதுதான். ஒருக்கா விழவும் பாத்தனான்."

"இல்லை அத்தான்," என்றாள் சுபா. "உங்களுக்கு அப்பிடி ஒண்டும் நடக்கேல்லை."

அவர் தட்டை என் முன்னால் வைத்துவிட்டுக் குசினிப் பக்கம் போனார். நான் ஒரு வடையை எடுத்துக் கடித்தேன். அந்த வீட்டு வடை இவ்வளவு ருசி என்று எனக்கு இத்தனை வருடமாகத் தெரியாமல் போய்விட்டது.