பண்ணை காணாமற்போன விவரம்

மீனாட்சிபுரம்,
புதன்கிழமை.

பேரன்புள்ள சுதீப் அண்ணாவுக்கு,

தங்கை ராஜஸ்ரீ வணக்கம் சொல்லி எழுதுவது. நடந்த அனைத்தையும் நடந்தபடியே, கூட்டாமல் குறைக்காமல், எனக்குப் பாதகமானதையும் மறைக்காமல் எழுதப் போகிறேன். இங்கே அப்பா, அம்மா, மூன்று மாடுகள், ஒரு கன்று எல்லோரும் சுகம். எர்ணாகுளத்தில் உங்கள் சுகத்தைக் கேட்க எனக்குத் தைரியம் இல்லை, ஏனென்றால் இந்தக் கடிதத்தைப் படித்து முடித்த பின் அது மாறிவிடும். போனிலேயே சொல்லியிருக்கலாமே என்று நினைப்பீர்கள். போன் அம்மாவுடையது. அம்மா பக்கத்தில் நிற்கும்போது அம்மாவைப் பற்றிய உண்மையைச் சொல்ல முடியாது. ஆகவே நாளைக் காலை திரும்பிப் போகும் உங்கள் ரூம் நண்பர் ஜோஜோ அண்ணன் கையில் இதைக் கொடுத்தனுப்புகிறேன். தயவுசெய்து உட்கார்ந்து படிக்கவும்.

போன மாதம் நீங்கள் வந்திருந்தபோது, நான் பாலக்காட்டில் ஹாஸ்டலில் தங்கிப் பிளஸ் ஒன் படிக்க வேண்டும் என்று கேட்டதற்கு அப்பா, "ஒரு வருசத்துல நாலு கொடையத் தொலைச்சவ, ஹாஸ்டல்ல தன்னையே எங்கயாச்சும் வெச்சுட்டு வந்துருவா" என்று சொன்னதும், நீங்கள் உடனே பையில் இருந்து உங்கள் கேம் கருவியை எடுத்து என் கையில் கொடுத்து, "சித்தப்பா, இது என்ற உசுரு. ஒரு மாசம் ராஜிகிட்ட இருக்கட்டும். அடுத்த தடவை நான் வரும்போது இதை அப்டேட் பண்ணி, இதுல நான் விளையாடி வெச்சிருக்கற என்ற மூணு வருசப் பண்ணையோட பத்திரமாத் திருப்பிக் குடுத்தா, ஹாஸ்டல் பாரத்துல கையெழுத்துப் போடுங்க" என்று சொன்னதும், அப்பா "ஆகட்டும்" என்று சொன்னதும் உங்களுக்கு நினைவிருக்கும். நீங்கள் வரும் ஞாயிற்றுக்கிழமை வருகிறீர்கள். பாரம் கொடுக்கக் கடைசி நாள் திங்கட்கிழமை. இனி நடந்ததைச் சொல்கிறேன்.

நீங்கள் நோட்டுத் தாளில் எழுதிக் கொடுத்த பன்னிரண்டு கட்டளைகளையும் நான் மனப்பாடம் செய்திருந்தேன். உங்கள் கருவி கம்பெனி கொடுத்தபடி இல்லாமல் நீங்களே மாற்றி அமைத்தது என்பதால் அது தானாகப் புதுப்பித்துக்கொள்ளாது என்பதையும், வைஃபையைக் காட்டினால் கம்பெனிக்குத் தெரிந்து பூட்டிவிடும் என்பதையும், எல்லாவற்றையும் கையாலேயே மெமரி கார்டில் ஏற்ற வேண்டும் என்பதையும் புரிந்துகொண்டேன். ஒரு மாதமும் நான் அதைத் திறந்து பார்க்கவில்லை. பார்த்துக்கொள்ளத்தான் கொடுத்தீர்கள், பார்ப்பதற்கு அல்ல. திங்கட்கிழமை காலை ஐந்தாம் கட்டளைப்படி ("முதலில் முழுக் கார்டையும் இன்னொரு கார்டில் நகல் எடு") மொய்தீன் பாய் கடைக்குப் போனேன். ஜெராக்ஸ் மிஷினுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவர் மகன் அன்சார் அண்ணன், புதிய கார்டு ஒன்றை இரவலாகக் கொடுத்து, நகலும் எடுத்துத் தர ஒப்புக்கொண்டார். எழுபத்தொரு சதவீதம் ஆனபோது கரண்ட் போய்விட்டது. ரோட்டுக்கு இந்தப் பக்கம் கேரளா, அந்தப் பக்கம் தமிழ்நாடு ஆகையால் எதிர் டீக்கடையில் மிக்ஸி ஓடிக்கொண்டுதான் இருந்தது. அன்சார் அண்ணன் அதையே சற்று நேரம் பார்த்துவிட்டு, "வயர் நீளம் பத்தல ராஜி, இல்லீன்னா வேற ஸ்டேட்டுல இருந்து இழுத்திருப்பேன்" என்றார். கரண்ட் வந்த பின் முதலில் இருந்து தொடங்கி மத்தியானம் மூன்று மணிக்கு நகல் முடிந்தது.

இப்போது என்னிடம் இரண்டு கார்டுகள். இரண்டும் சுண்டுவிரல் நகம் அளவு, இரண்டும் கறுப்பு. உங்கள் ஒன்பதாம் கட்டளை, "புது வெர்ஷனை முதலில் நகலில் போட்டுப் பார்" என்பதால் நகலைக் கருவிக்குள் வைத்தேன். உங்கள் அசல் கார்டை எங்கே வைப்பது என்று வெகுநேரம் யோசித்தேன். நம் வீட்டில் இதுவரை தொலையாத பொருள் எது என்று கணக்குப் பார்த்ததில் அம்மாவின் அஞ்சறைப் பெட்டி ஒன்றுதான் தேறியது. ஆகவே அசலைக் காகிதத்தில் மடித்துச் சீரகத்துக்கு அடியில் வைத்தேன். இது என் முதல் தவறு. இரண்டாவது, அம்மா கேட்டபோது உண்மையைச் சொன்னது. உங்கள் கருவியைக் காட்டி, "பொட்டிக்குள்ள போடற அந்தச் சில்லு உன்ற அண்ணனுதா?" என்று கேட்டார். "ரெண்டு இருக்குதும்மா, ஒன்னு சுதீப் அண்ணனுது, ஒன்னு அன்சார் அண்ணன்கிட்ட இரவல்" என்றேன். எது எது என்று அம்மா கேட்கவில்லை. கேட்காததைச் சொல்லும் பழக்கம் எனக்கு இருந்திருக்க வேண்டும்.

செவ்வாய்க்கிழமை விடிகாலை அம்மா ரசத்துக்குச் சீரகம் எடுக்கப் போயிருக்கிறார். சுதீப்பின் சில்லு விளையாட்டுப் பெட்டிக்குள் இருக்கிறது, அப்படியானால் சீரகத்துக்குள் இருப்பது அன்சாருடையது, இரவல் பொருளைப் பாலோடு சேர்த்து இன்றே அனுப்பிவிடலாம் என்று அம்மா யோசித்திருக்கிறார். அம்மா யோசித்ததில் ஒரு குறையும் காண முடியவில்லை. ஆனால் நம் வீட்டு வழக்கம் உங்களுக்குத் தெரியும். ஒரு வீட்டில் இருந்து போசியில் குழம்பு வந்தால் கழுவி வெறும் போசியாகத் திருப்பிக் கொடுக்க மாட்டோம், ஒரு பிடி சர்க்கரையாவது போட்டுத்தான் கொடுப்போம். அந்தச் சில்லு வெறுமையாக இருக்கிறதா என்று பார்க்க அம்மா அதைத் தன் போனுக்குள் போட்டிருக்கிறார். இந்தக் கார்டை என்னால் படிக்க முடியவில்லை, துடைத்துச் சரிசெய்யவா என்று போன் கேட்டிருக்கிறது. அம்மா யார் எதைச் சரியா என்று கேட்டாலும் சரி என்றுதான் சொல்வார். துடைத்து முடித்ததும் பார்த்தால் சில்லு சுத்தமாக வெறுமையாக இருந்திருக்கிறது. "வெறுஞ்சில்லா எப்படிக் குடுத்துடறது?" என்று, முதலமடை மாமா வீட்டு இந்துவின் காதுகுத்து வீடியோவை, இரண்டு மணி இருபது நிமிடம், முழுவதையும் அதில் ஏற்றி, ஒரு டப்பா முறுக்கோடு அப்பாவின் பால் வண்டியில் கொடுத்தனுப்பிவிட்டார்.

இது எதுவும் தெரியாமல் நான் காலை பத்து மணிக்குக் கருவியை எடுத்துக்கொண்டு கட்டுத்தரைக்குப் போனேன். பக்கத்து வீட்டு வைஃபை நம் கூடம் வரை எட்டும், மாடுகள் வரை எட்டாது. மாடுகள் பார்த்துக்கொண்டிருக்க ஆறாவதில் இருந்து பதினொன்றாம் கட்டளை வரை ஒவ்வொன்றாகச் செய்து டிக் போட்டேன். பண்ணை விளையாட்டு புது வெர்ஷனில் திறந்தது. யார் விளையாடுகிறீர்கள் என்று கேட்டது. உங்கள் பெயரும், நீங்கள் எனக்காகக் கோழிப் படம் போட்டு வைத்திருந்த என் பெயரும் இருந்தன. அடுத்தவர் பெயரில் நுழைவது முறையல்ல என்பதால் என் பெயரைத் தொட்டேன். உள்ளே போனால் முள்ளும் கல்லும். வேலி இல்லை, கோழி இல்லை, நம்ம மயிலை மாட்டின் பெயரை வைத்திருப்பதாகச் சொன்னீர்களே, அந்த மாடு இல்லை. கிழிந்த தொப்பியோடு ஒரு ஆள் நின்றுகொண்டு, புது நிலத்துக்கு வருக என்று சொன்னான். ஆனாலும் பதறவில்லை, அசல் சீரகத்துக்குள் இருக்கிறது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு சமையற்கட்டுக்குப் போனேன். அங்கே சீரகம் மட்டும் இருந்தது.

அதுக்கப்புறம் நான் மொய்தீன் பாய் வீட்டுக்கு ஓடின ஓட்டத்தப் பத்தி ஊருல நாலு பேரு உங்ககிட்டச் சொல்லுவாங்க, அதனால நானே சொல்லிடறேன், ஒரு செருப்புதான் போட்டிருந்தேன். அன்சார் அண்ணனோட அம்மா கௌலத் மாமி வாசல்லயே புடிச்சுக்கிட்டாங்க. "வாடி, வா. இந்துவோட காதுகுத்து பார்த்தோம், உன்ற மாமன் மொட்டையோட அழகா இருக்கார்" அப்படின்னாங்க. கார்டு வேணுங்க மாமி, அது அன்சார் அண்ணனுது இல்லீங்க, சுதீப் அண்ணனுதுங்கன்னு சொன்னேன். மாமி கார்டை ஒரு சின்னக் கிண்ணத்துல வெச்சு, மேல தட்டு மூடி, கையில குடுத்தாங்க. "உங்கம்மா அவ்வளவு மரியாதையா அனுப்பியிருக்கா, நான் சும்மாவா அனுப்புவேன்? நம்ம முஹ்சினா நிக்காஹ் ஏத்தியிருக்கேன். பந்தி பரிமாறினது மட்டும் ஒன்னரை மணி நேரம். இடம் பத்தலைன்னுச்சு, காதுகுத்தை அழிச்சுட்டேன், அதுதான் உங்ககிட்ட இருக்குமே" அப்படின்னாங்க. (பேச்சு நடையில் எழுதிவிட்டேன், மன்னிக்கவும். அந்த இடத்தை வேறு மாதிரி எழுத வரவில்லை.)

அழிந்ததைத் திரும்ப எடுக்க முடியுமா என்று அன்சார் அண்ணனிடம் கேட்டேன். அவர் கார்டைக் கம்ப்யூட்டரில் செருகி, சொடுக்கி, கன்னத்தில் கை வைத்துக்கொண்டார். "அழிச்ச எடத்துக்கு மேல எதுவும் எழுதலைன்னா எடுத்துடலாம் ராஜி. ஆனா இதுல முதல்ல காதுகுத்து நடந்திருக்கு. அதே எடத்துல நிக்காஹ் நடந்திருக்கு. ரெண்டு விசேஷம் நடந்த எடத்துல என்ன மிச்சம் இருக்கும்? பந்தி இலைகூட இருக்காது" என்றார். எனக்கு அழுகை வந்தது. அவர் உடனே ஒரு பால் ஐஸ் வாங்கிக் கொடுத்தார். அதை நான் சாப்பிட்டேன் என்பதையும் உண்மை கருதிச் சொல்லிவிடுகிறேன்.

அன்று சாயங்காலம் அப்பா பால் கேனைக் கழுவிக்கொண்டிருந்தபோது, மற்றவர் சொல்லுமுன் நானே போய்ச் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன். "எத்தன ஏக்கரா?" என்று கேட்டார். "தெரியலீங்ப்பா." "மாடு?" "ஒன்னுங்ப்பா. கோழி நாப்பது." "மூணு வருசம் பாடுபட்டதா?" "ஆமாங்ப்பா, நானூத்திப் பன்னண்டு மணி நேரம்னு அண்ணன் சொன்னாருங்க." அப்பா கேனைக் கவிழ்த்து வைத்தார். பிறகு, "கொடையின்னா நனைஞ்சுக்கலாம் அம்மிணி. ஒருத்தன் பண்ணைய எப்படித் திருப்பிக் குடுப்ப?" என்று மட்டும் கேட்டார். ராத்திரி மூன்றாவது தோசை வேண்டாம் என்று சொல்லிவிட்டார். அம்மா என் பக்கத்தில் உட்கார்ந்து முஹ்சினா அக்காவின் நிக்காஹைப் பார்த்தார். எனக்கு ஆறுதலாக இருக்கட்டும் என்று பிரியாணி வரும் இடத்தில் நிறுத்தி நிறுத்திக் காட்டினார்.

ஆகவே அண்ணா, நான் இன்று காலை யோசித்து ஒரு முடிவுக்கு வந்தேன். ஒரு நகம் அளவு கார்டை ஒரு நாள் காப்பாற்ற முடியாதவள், பூட்டு, சாவி, பெட்டி, புத்தகம் எல்லாவற்றையும் இரண்டு வருடம் ஹாஸ்டலில் காப்பாற்றுவேன் என்று சொல்வது பொய்யாகும். பாரத்தை நானே மடித்து அலமாரியில் பழைய துணிக்கு அடியில் வைத்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை நீங்கள் எனக்காக அப்பாவிடம் பேச வேண்டாம். பேசினால் உங்களுக்கும் சங்கடம், எனக்கும் சங்கடம். உங்கள் பண்ணைக்குப் பதிலாக என் பரிசுப் புத்தகங்கள் பதினான்கையும் உங்களுக்கே தந்துவிடுகிறேன். கிழிந்த தொப்பிக்காரனின் நிலத்தில் இன்று பத்துக் கல் பொறுக்கிப் போட்டிருக்கிறேன். தினமும் பத்துப் பொறுக்கினால் மூன்று வருடத்தில் உங்கள் பண்ணை போல ஆகிவிடும் என்று நம்புகிறேன்.

பெரியப்பாவும் பெரியம்மாவும் போனில் பேசினால் என் வணக்கத்தைச் சொல்லவும், காரணத்தைச் சொல்ல வேண்டாம். வேளைக்குச் சாப்பிடுங்கள். மாரியம்மன் உங்களுக்குப் பொறுமையைத் தரட்டும், எனக்கும் கொஞ்சம் மிச்சம் வைக்கட்டும்.

உங்கள் நம்பிக்கைக்குப் பாத்திரமாகாத தங்கை,
ராஜஸ்ரீ.

பின்குறிப்பு: கடிதத்தை ஒட்டப் போகும் நேரத்தில், சாயங்காலம் ஆறரைக்கு, அன்சார் அண்ணன் தன் கார்டை வாங்கிக்கொள்ள வந்தார். எடுப்பதற்கு முன் ஒரு தடவை பார்க்கிறேன் என்று கருவியைத் திறந்தார். யார் விளையாடுகிறீர்கள் என்று கேட்ட இடத்தில் உங்கள் பெயரைத் தொட்டார். வேலி இருந்தது. நாற்பது கோழியும் இருந்தன. மயிலை வாலை ஆட்டிக்கொண்டு நின்றாள். "பேரை மாத்தித் தொட்டுப் பார்க்கவே இல்லையா?" என்று கேட்டார். "அது அண்ணன் பேருங்க" என்றேன். "நீ நல்ல புள்ளதான் ராஜி, அது மெஷினுக்குத் தெரியாதே" என்றார். கார்டில் இருப்பது விளையாட்டு மட்டும்தானாம், பண்ணை எப்போதும் கருவியின் வயிற்றுக்குள்ளேயே, அவரவர் பெயரில் தனித்தனியாக இருந்ததாம். ஆகவே மேலே எழுதிய எல்லாம் நடந்தது உண்மை, ஆனால் எதுவும் ஆகவில்லை. சத்தம் கேட்டு வந்த அப்பா மயிலையின் தலைக்கு மேல் ஒரு பால் சொம்புப் படம் மினுங்குவதைப் பார்த்து அது என்ன என்று கேட்டார். கறக்க வேண்டும் என்று அர்த்தமுங்க, இந்த விளையாட்டில் நாள் நம் கடிகாரப்படியே ஓடுமுங்க என்று அன்சார் அண்ணன் சொன்னார். "கறந்து எத்தன நாளாச்சு?" "இருபத்தொம்பது நாளுங்க" என்று அன்சார் அண்ணன் திரையைப் பார்த்துச் சொன்னார். அப்பாவுக்கு வந்த கோபத்தை நான் இதுவரை பார்த்ததில்லை. "ஒரு மாசமா மாட்டைக் கறக்காம வெச்சிருக்கறதா? நாலு கொடை தொலைச்சதுகூடப் பரவால்ல!" என்று சத்தம் போட்டுவிட்டு, கையைத் துண்டில் துடைத்துக்கொண்டு தானே கருவியை வாங்கிக் கறந்தார். பிறகு அலமாரியில் இருந்து பாரத்தைக் கொண்டுவரச் சொல்லிக் கையெழுத்துப் போட்டார். பத்திரமாக வைத்திருந்ததற்காக அல்லவாம், வாயில்லாச் சீவனை என்னை நம்பி வீட்டில் விட முடியாது என்பதற்காகவாம். நான் ஹாஸ்டலுக்குப் போகலாம், விளையாட்டுப் பொட்டி மட்டும் இங்கேயே இருக்க வேண்டும், காலையும் மாலையும் தானே பார்த்துக்கொள்வதாக உங்களிடம் சொல்லச் சொன்னார். ஆகவே ஞாயிற்றுக்கிழமை நீங்கள் அப்பாவிடம் பேசத்தான் வேண்டும், ஆனால் எனக்காக அல்ல, உங்கள் கருவிக்காக. ஒருவேளை திரும்பக் கிடைத்தாலும் அது வெறுமையாக வராது, காதுகுத்து, நிக்காஹ் இரண்டையும் அதில் ஏற்றிவைக்க அம்மா அன்சார் அண்ணனிடம் சொல்லிவிட்டார். இன்னும் ஒரு விஷயம் எழுத இருக்கிறது, ஆனால் கோழிகளுக்குத் தீனி வைத்துக்கொண்டிருக்கும் அப்பா, "லைட்ட அமத்து அம்மிணி, வெளிச்சத்துல மாடு தெரிய மாட்டீங்குது" என்கிறார். அம்மா எழுந்து போய் விளக்கை அணைத்துவிட்டார்.