பொதுக் கோப்பில் பெயர் வெட்டிய விவரம்

இடைசெவல்,
வெள்ளிக்கிழமை காலை.

மதிப்பிற்குரிய மேலாளர் திரு. செல்வக்குமார் அவர்களுக்கு, தங்கள் கம்பெனியில் வேலை பார்க்கும் பிரித்திகாவின் தகப்பன் கோபாலசாமி வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இங்கே கரிசலில் உளுந்து பூவெடுத்திருக்கிறது. ஆடுகளும் நாங்களும் சௌக்கியம். சென்னையில் தாங்களும் தங்கள் குடும்பத்தாரும் தங்கள் கம்ப்யூட்டர்களும் சௌக்கியமாக இருக்க வேண்டும். கம்ப்யூட்டர்களைத் தனியாகக் குறிப்பிடுவதற்குக் காரணம் இருக்கிறது.

என் மகள் பொய் ரிப்போர்ட் கொடுத்தாள் என்று நேற்று போனில் சத்தம் போட்டீர்கள். ஸ்பீக்கரில் போட்டிருந்ததால், ஆட்டுக்குக் குழை கட்டிக்கொண்டிருந்த என் காதிலும் விழுந்தது. "புதுப் பிள்ளைக்கு எப்படிப் பிழையே வராமப் போகும்னு உன் கம்ப்யூட்டரை இங்கிருந்தே திறந்து பார்த்தா, பிழை பிடிக்கிற கோப்பையே பேர் மாத்தி வச்சிருக்கே! என் புரோகிராம்லயும்தான் போன வாரம் ஒரு பிழைகூட வரலை. அது உழைப்பு!" என்றீர்கள். மாதக் கடைசியில் அவளை நிரந்தரமாக்குவதா, வீட்டுக்கு அனுப்புவதா என்று முடிவெடுப்பதாகவும் சொன்னீர்கள். அவள் இப்போதும் வீட்டிலிருந்துதான் வேலை பார்க்கிறாள் என்பதை நான் கிண்டலுக்குச் சொல்லவில்லை. பெயரை மாற்றியது நான் சார்.

நடந்தது இதுதான். என்னம்மா வேலை பார்க்குதே என்று ஒருநாள் கேட்டேன். எழுதின புரோகிராமை ஒரு கருவிகிட்டக் குடுப்போம், அது ஓட்டிப் பாக்காமலே, படிச்சே குத்தம் சொல்லிப்போடும்ப்பா என்றாள். உங்கம்மா மாதிரின்னு சொல்லு, நான் சட்டையை மாட்டும்போதே எங்கன போய் என்ன கூத்தடிக்கப் போறேன்னு சொல்லிடுதாளே என்றேன். "சொன்னதுல எது தப்பாப் போச்சு?" என்று அடுப்படியிலிருந்து வெள்ளைத்தாய் கேட்டாள். அதை விடுங்கள். குற்றம் பார்க்கிற விதியெல்லாம் எங்கே இருக்கும் என்றேன். "அதுக்குன்னு ஒரு கோப்பு இருக்குப்பா. ஷேர்டு லைப்ரரின்னு பேரு. எல்லாத்துக்கும் பொது. எந்தக் கருவி வேணும்னாலும் வந்து எடுத்துப் பொழங்கிக்கிடும்" என்றாள். இந்தக் கடைசி வார்த்தையில்தான் எனக்குப் பகீரென்றது.

ஏனென்றால் எங்கள் ஊர்ப் பொதுப் பாத்திரங்களுக்கு நான்தான் பொறுப்பு. கல்யாணம், காதுகுத்து, சடங்கு எதுவானாலும் அண்டாவும் தவலையும் என்னிடமிருந்துதான் போக வேண்டும். முன்னொரு தடவை எப்போதும்வென்றான் ஊருக்குக் காதுகுத்துக்குப் போன பெரிய அண்டா, திரும்பி வரும்போது சின்ன அண்டாவாக வந்து சேர்ந்தது. கவனிக்காமல் அடுத்த கல்யாணத்துக்கு அதிலேயே சோறு வடித்து, மாப்பிள்ளை வீட்டார் வெறும் இலையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். அதற்குப் பிறகு கோவில்பட்டிப் பாத்திரக்கடையிலிருந்து ஆளைக் கூட்டி வந்து கரண்டி முதல் எல்லாவற்றிலும் பெயர் வெட்டிவிட்டேன். அன்றிலிருந்து ஒரு கரண்டிகூடக் காணாமல் போகவில்லை.

போன வாரம் திங்கட்கிழமை அவள் கோவில்பட்டி பேங்க்குக்குப் போயிருந்தபோது கம்ப்யூட்டர் திறந்து கிடந்தது. ஆட்டுப் படங்களுக்குப் பெயர் மாற்ற அவளே எனக்குப் பழக்கிக் கொடுத்திருந்தாள். பொதுச்சாமான், யார் வேண்டுமானாலும் எடுக்கலாம், பெயர் வெட்டவில்லை. மனசு கேட்கவில்லை சார். "கோ. பிரித்திகா, இடைசெவல்" என்று வெட்டிவிட்டேன். அந்தக் கருவி பழைய பெயரைத் தேடியிருக்கிறது. காணோம் என்றால் வீட்டில் பெரியவர்களை ஒரு வார்த்தை கேட்க வேண்டாமா? விதி கைக்குக் கிடைக்கவில்லை, ஆகவே குற்றமும் இல்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டது. வெள்ளைத்தாய் அவள் அண்ணன் வீட்டுக்குப் போயிருக்கிற நாட்களில் நானும் இப்படித்தான் குற்றமே இல்லாத மனுசனாக இருப்பேன்.

நேற்று அத்தனை ஏச்சுக்கும் அவள் "என் கம்ப்யூட்டர், என் பொறுப்பு சார்" என்று மட்டும்தான் சொன்னாள். ஏட்டி, எங்கப்பாதான் செஞ்சாருன்னு சொல்ல வேண்டியதுதானே என்று கேட்டேன். "சொன்னா உங்களைச் சொல்லி ஆபீஸ்ல சிரிப்பாங்கப்பா. நீங்க எனக்காகத்தானே செஞ்சீய" என்றாள். தம்பி, ராத்திரி அவள் சாப்பிடவுமில்லை. என்னைப் பார்த்து எவ்வளவு வேண்டுமானாலும் சிரிச்சுக்கிடுங்க, ஏசவும் செய்யுங்க. அவளைத் திருடி மாதிரிப் பார்க்காதீங்க. அவளுடைய அந்த ஒரு கோப்பைத் தவிரத் தங்கள் கம்பெனிப் பொருள் எதையும் நான் தொடவில்லை என்பதையும் உறுதியாகச் சொல்லிக்கொள்கிறேன்.

செண்பகவல்லி அம்மன் அருளால் தங்கள் பிள்ளைகள் நன்றாகப் படித்து, தங்கள் கோப்புகள் எல்லாம் வைத்த இடத்தில் வைத்த பெயரோடு நீடூழி இருக்க வாழ்த்தும்,

கோபாலசாமி

பி.கு.: ஒட்டுவதற்கு முன்பு வெள்ளைத்தாயிடம் படித்துக் காட்டினேன். "அந்த ஒண்ணோடயா விட்டீய? சாயங்காலம் வரைக்கும்லா அது முன்னால உக்காந்திருந்தீய" என்றாள். அப்புறம்தான் ஞாபகம் வந்தது. பக்கத்திலேயே "டீமுக்குப் பொது" என்று இன்னொரு பெட்டி இருந்தது. மகள் பெயரை மட்டும் வெட்டிவிட்டு ஊரார் சாமானை அப்படியே விடுவது ஓரவஞ்சனை அல்லவா? அதில் இருந்த கோப்புகளுக்கெல்லாம், பிரித்திகா பேச்சில் அடிபடும் பெயர்களை ஆளுக்கொன்றாக வெட்டிவிட்டேன். மேலாளர் என்கிற மரியாதைக்கு, இருப்பதிலேயே பெரிய கோப்பு தங்கள் பெயரில் இருக்கிறது. ஆகவே போன வாரம் தங்கள் புரோகிராமில் ஒரு பிழைகூட வரவில்லை என்றீர்களே, அதை மட்டும் இன்னொரு தடவை பார்த்துக்கொள்ளவும்.