பீரங்கிக்குப் பக்கத்தில் நின்றவர்

தெரியாத வேலையில் கைவைத்து நான் கெட்டதில்லை. நன்றாகத் தெரியும் என்று நினைத்த வேலையில்தான் மானம் போயிருக்கிறது.

இரண்டாயிரத்து ஐந்து வாக்கில், திருப்பூர் நல்லூரில் ஒரு பனியன் பிரிண்டிங் யூனிட்டில், கம்ப்யூட்டரில் படம் சரிசெய்யும் வேலையில் இருந்தேன். சொந்த ஊர் தூத்துக்குடிப் பக்கம், மீன்பிடிக் குடும்பம். இங்கிலாந்திலிருந்து ஓர் அம்மாள் அறுபது டீ-ஷர்ட் கேட்டிருந்தார். நெஞ்சில் ஒரு பழைய நீராவி மீன்பிடிக் கப்பலின் படம் வர வேண்டும். இரண்டாம் உலகப் போரில் கடற்படை அந்தக் கப்பலை எடுத்துக்கொண்டு, பீரங்கி பொருத்தி, காவலுக்கும் கடலில் கிடக்கும் கண்ணிவெடிகளை அகற்றவும் அனுப்பியது. அது வெடித்து மூழ்கிவிட்டது. இறந்தவர்களின் குடும்பங்கள் கூடும் நினைவு நாளுக்குத்தான் இந்தச் சட்டைகள். இவ்வளவும் கூட வந்த கடிதத்தில் விளக்கமாக இருந்தது. (நான் படித்தது "அறுபது பீஸ், அவசரம்" வரைதான்.)

படத்தைப் பெரிதாக்கினேன். கப்பலின் முன்பக்கத்தில் (எங்கள் ஊரில் அணியம் என்போம்) குழாய் மாதிரி ஏதோ ஒன்று, பக்கத்தில் ஒரு கறுப்புத் திட்டு. மீன் பிடிக்கிற கப்பலில் குழாய்க்கு என்ன வேலை? படத்தில் அழுக்கு இருந்தால் துணியிலும் கறையாக விழும். அதைத் துடைப்பதுதான் என் வேலை. இரண்டையும் துடைத்தேன். இடம் வெறிச்சென்றிருந்தது. அழகாக ஒரு வலையை வரைந்து தொங்கவிட்டேன்.

முதலாளி எட்டிப் பார்த்தார். "ஏனுங்க தம்பி, லெட்டரு முழுசாப் படிச்சுட்டீங்களா?"

"படிச்சாச்சு மொதலாளி. படகப் பத்தி எனக்கே சொல்லித் தரணுமா?" என்றேன். அந்த வாயைத் தைத்திருக்கலாம். திருப்பூரில் தையல் மெஷினுக்கா பஞ்சம்.

நாள் நெருங்கிவிட்டதால் சாம்பிள்கூட அனுப்பாமல் சரக்கு நேரே போனது. மூன்று வாரம் கழித்து அந்த அம்மாளிடமிருந்து மெயில் வந்தது. முதலாளி நிறுத்தி நிறுத்திப் படித்துச் சொன்னார்.

"பீரங்கிக்குப் பக்கத்துல நின்னது அவங்கப்பாங்களாமா. அவரு படம்னு அது ஒண்ணுதான் இருக்குதாமா. அறுபது பேரும் சட்டையப் போட்டுட்டு நின்னப்பத்தான், அப்பாவக் காணமேன்னு பாத்தாங்களாமா. வலை நல்லா வந்திருக்குதுன்னும் எழுதியிருக்காங்க தம்பி."

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். என் அப்பாவும் கடலில் போனவர்தான், எனக்கு நாலு வயதில். ஒரு படம்கூடக் கிடையாது. இன்னொருத்தியிடம் இருந்த ஒரே அப்பாவை நானே துடைத்துவிட்டேனே என்று பாத்ரூமுக்குள் போய்த் தாழ்போட்டுக்கொண்டு அழுதேன்.

அசல் படத்தை மறுபடி திறந்தேன். அந்தத் திட்டுக்குத் தொப்பி இருந்தது. பீரங்கி மேல் ஊன்றிய கை இருந்தது. அவர் சிரித்துக்கொண்டிருந்தார் என்றுதான் எனக்குப் பட்டது. மறுபடி அறுபது அடித்து அனுப்பினோம். பதில் வரவில்லை. ஒரு பீஸ் அதிகமாக அடித்து நான் வைத்துக்கொண்டேன்.

பல வருடம் கழித்து என் மகள் பீரோவிலிருந்து அதை இழுத்து விரித்து, "இது யாருப்பா, தாத்தாவா?" என்றாள். நான் சட்டையை வாங்கிப் பதமாக மடித்து வைத்ததை ஆமாம் என்று எடுத்துக்கொண்டாள். பள்ளிக்கூடம் முழுக்கச் சொல்லியும் விட்டாள். இன்றைக்கும் உறவுக்காரர்கள் வந்தால் என் மனைவி கேலியை ஆரம்பித்துவிடுவாள்: "இவுக அப்பா வெள்ளக்காரக் கப்பப் படையிலல்லா இருந்தாவளாம்." எல்லோரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன். அது உன் தாத்தா இல்லை என்று மகளிடம் மட்டும் இன்றுவரை என் வாயால் சொன்னதில்லை.